அண்ணனுக்கு வழி செய்த புரோதான்

தன்யூப் ஆற்றங்கரை லோம் ஊரில் இறந்தவர்களின் படம் போட்ட துக்கத் தாள்களை அச்சடிப்பவன் புரோதான். வீட்டுக் கதவு, பேருந்து நிறுத்தம், ரொட்டிக் கடைக்கு எதிரே இருக்கும் மரம் என்று எங்கே திரும்பினாலும் அவன் அடித்த தாள்தான். இறந்த அன்றைக்கு ஒன்று, நாற்பதாம் நாளுக்கு ஒன்று, ஆறாம் மாதம் ஒன்று, பிறகு வருடா வருடம். ஐம்பத்தொரு வயதாகியும் கல்யாணம் செய்துகொள்ளாமல், மாடியில் தனியாக இருந்தான். கீழ்த்தளத்தில் அவன் அண்ணி ருமியானா.

இந்த வேலையோடு நின்றிருந்தால் ஊர் அவனைச் சும்மா விட்டிருக்கும். அவனுக்கு ஒரு கோட்பாடு வேறு இருந்தது, ஒன்பது நோட்டுகள் நிறைய. உலகம் அடுக்கடுக்காக இருக்கிறதாம். ஓர் அடுக்கிலிருந்து இன்னொன்றுக்கு வழி தானாக அமையாதாம். யாராவது உட்கார்ந்து அதற்கு உருவம் கொடுக்க வேண்டுமாம். உருவமில்லாத வழியில் போனவன் இங்கேயும் இல்லாமல் அங்கேயும் இல்லாமல் நடுவில் மாட்டிக்கொண்டு தவிப்பானாம். துக்கத் தாள் ஒட்டுவதே அந்த வழியைச் செதுக்கத்தான் என்பான். சாப்பாட்டில்கூட சூப்புக்கும் இறைச்சிக்கும் நடுவே கரண்டியைக் கவிழ்த்துவைத்துப் பத்து வரை எண்ணுவான்.

"அடுத்த அடுக்குக்குப் போறதுக்குள்ள இறைச்சி ஆறிடும்டா, தின்னு" என்பாள் அச்சுக்கடை முதலாளி சோன்கா. அவன் கோபப்பட மாட்டான். பாவம், எண்ணி முடித்துவிட்டுத்தான் சிரிப்பான்.

அவன் அண்ணன் எவ்லோகி ஒன்பது வருடத்துக்கு முன்னால் ஸ்பெயினுக்குத் தோட்ட வேலைக்குப் போனான். முதல் குளிர்காலத்தில் இரண்டு கடிதம் வந்தது. அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. தன்யூப் ஆற்றில் வயிற்றுக்கடியில் கை கொடுத்துத் தனக்கு நீச்சல் பழக்கியவன் இப்படி ஒரேயடியாக வாயை மூடிக்கொள்வான் என்று புரோதானால் நம்ப முடியவில்லை. தினமும் காலையில் தபால் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டுத்தான் வேலைக்குப் போவான்.

போன ஞாயிற்றுக்கிழமை ருமியானா மாடி ஏறி வந்தாள். எவ்லோகியின் படம் ஒன்றை மேசைமேல் வைத்தாள்.

"தம்பி, ஒன்பது வருஷம் ஆச்சு. உயிரோட இருந்தா ஒரு வார்த்தை வந்திருக்காதா? உன் கணக்குப்படி அவரு நடுவுல மாட்டிக்கிட்டுத்தானே இருப்பாரு? ஒரு வழி பண்ணிடு."

"ஒட்டிட்டா முடிஞ்சுபோச்சுன்னு அர்த்தம் அண்ணி."

"அவரு தவிக்கிறது உனக்குப் பரவாயில்லையா?"

புரோதான் படத்தை எடுத்துக்கொண்டு கடைக்குப் போனான். அண்ணன் வருவான் என்ற நம்பிக்கையைத் தன் கையாலேயே அச்சுக்குள் விட்டான். தாளை ஊர் முழுக்க ஒட்டினான், அழுதுகொண்டே ஒட்டினான். ருமியானா கதவில் கறுப்பு நாடா கட்டி, சாவுக்குக் கொடுக்கும் வழக்கப்படி கோதுமையை வேகவைத்துச் சர்க்கரையும் வால்நட்டும் கலந்து தெருவுக்கெல்லாம் கொடுத்தாள்.

மூன்றாம் நாள் மதியம் கடையில் தொலைபேசி அடித்தது. தாளின் அடியில் கடை எண் இருக்கும். வேறு யாருக்கோ தாள் வேண்டும் போலிருக்கிறது என்று எடுத்தான்.

"டேய் புரோதான், என்னைச் சாகடிச்சிட்டியாமே? ஒருத்தன் படம் பிடிச்சு அனுப்பியிருக்கான்."

புரோதான் சட்டென்று எழுந்தான். பக்கத்தில் இருந்த நாற்காலியைப் பிடித்துக்கொண்டான்.

"அண்ணே! எங்கண்ணே இருக்க?"

"விதின்ல."

விதின் ஒரு மணி நேரப் பேருந்துப் பயணம். மாதாமாதம் அச்சுத் தாள் வாங்க அவன் போகிற ஊர்!

"ஸ்பெயின்ல ரெண்டு வருஷம் கூட இருக்கலடா. இங்க எனக்கு ஒரு குடும்பம் ஆயிடுச்சு. பொண்ணு பள்ளிக்கூடம் போறா."

"பரவாயில்லண்ணே, நீ வா. எல்லாத் தாளையும் இப்பவே கிழிச்சுப் போட்டுடறேன்."

அந்தப் பக்கம் கதவைச் சாத்துகிற சத்தம் கேட்டது.

"கிழிக்காத. அப்படியே இருக்கட்டும். அதைச் சொல்லத்தான் கூப்பிட்டேன். நீ இங்க வந்துடாத, என்ன?"

அவ்வளவுதான், வைத்துவிட்டான். புரோதான் கடையைத் திறந்தபடியே போட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினான். அடுப்படியில் மிளகாய் சுட்டுக்கொண்டிருந்த ருமியானாவிடம் மூச்சு வாங்க எல்லாவற்றையும் கொட்டினான். அவள் மயங்கி விழுவாள் என்று பயந்து முன்கூட்டியே அவள் தோளைப் பிடித்துக்கொண்டான்.

அவள் விழவில்லை. அடுப்பை அணைத்தாள்.

"எனக்குத் தெரியும் தம்பி. ஆறு வருஷமாத் தெரியும்."

"என்ன அண்ணி சொல்றீங்க?"

"யாரோ பார்த்ததா சொன்னாங்க. பஸ் ஏறிப் போனேன். கைக்குழந்தையத் தோள்ல போட்டுக்கிட்டு நின்னுட்டிருந்தாரு. அடுத்த பஸ்ல திரும்பிட்டேன்."

"என்கிட்ட ஒரு வார்த்தை…"

"சொல்லியிருந்தா நீ போய் இழுத்துட்டு வந்திருப்ப. புருஷன் விட்டுட்டுப் போனவன்னு ஒன்பது வருஷம் இந்தத் தெரு என்னைப் பார்த்த பார்வை உனக்குத் தெரியுமா? நேத்து கோயில்ல பாதிரியார் சம்சாரம் எழுந்து எனக்கு நாற்காலி கொடுத்தா. எனக்கும் ஒரு வழி வேணும்தானே? நீதான் வழி செய்யறவனாச்சே."

புரோதான் மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டான். அண்ணனும் அடுத்த அடுக்குக்குப் போய்ச் சேர்ந்தாயிற்று, அண்ணியும் போய்ச் சேர்ந்தாயிற்று, அவன் கையாலேயே.

"எனக்கு எங்க அண்ணன் வேணும் அண்ணி" என்று சொல்லிவிட்டு, ஐம்பத்தொரு வயது மனிதன் வாய்விட்டுக் கதறினான். வெறும் துக்கம் இல்லை அது. இரண்டு பேருமாகச் சேர்ந்து தன்னை முட்டாளாக்கிவிட்டார்களே என்ற அதிர்ச்சியும் அதில் இருந்தது. ருமியானாவும் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள்.

சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுக்காரர்கள் வந்துவிட்டார்கள். திறந்துகிடந்த கடையைப் பார்த்துவிட்டு சோன்காவும் பின்னாலேயே வந்தாள். ருமியானா கண்ணைத் துடைத்துக்கொண்டு புரோதானையே பார்த்தாள். அவன் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்தால் போதும், நாளையிலிருந்து கோயிலில் அவளுக்கு நாற்காலி கிடையாது.

சோன்கா படியில் அவன் பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவிக் கொடுத்தாள். "அழுதுடுடா, நல்லா அழுதுடு. போனவன் இனிமே வரவா போறான்?"

"வரமாட்டான்க்கா" என்றான் புரோதான்.