மணிச்சத்தம் வரும் இடம்

பிள்ளையார்பாளையத்தில் மைக் செட் பரசுராமனைத் தெரியாதவர் கிடையாது. கல்யாணமா, காதுகுத்தா, ஆடி மாசக் கூழா, எதுவானாலும் மரத்தில் குழாய் ஸ்பீக்கர் கட்டி ஊரை எழுப்பிவிடுவது அவர்தான். கல்யாணமான நாளிலிருந்து அந்தக் குழாய்களுக்கு அடியில்தான் அவருக்குச் சோறு, தூக்கம் எல்லாம். அப்பேர்ப்பட்ட மனுஷனுக்கு இரைச்சலே ஆகாது என்றால் யார் நம்புவார்கள்? சத்தியமாக ஆகாது.

தொழிலுக்கு வைத்திருந்த சினிமா ரிக்கார்டெல்லாம் தேய்ந்து கரகரத்துக் கிடந்தன. அவை வயிற்றுக்கு. மனசுக்கென்று வீட்டில் ஒரு பிளேயரும், அதற்கு வைர முள்ளும், ஒரே ஒரு எல்.பி. ரிக்கார்டும் இருந்தன. மூர் மார்க்கெட்டில் தேடிப் பிடித்த இங்கிலீஷ் ராக் தட்டு. அட்டையில் நாலு பரட்டைத்தலையன்கள் முறைத்துக்கொண்டு நிற்பார்கள். தட்டில் ஒரு கீறல் இல்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பட்டுத்துணியால் அதைத் துடைத்து, முள்ளை இறக்கிவிட்டு, மூச்சைக்கூட அடக்கிக்கொண்டு கேட்பார்.

“பாட்டுன்னா அவன் வாசிச்சது அப்படியே வரணும்மா. பொட்டு கூடக் கொறையக் கூடாது” என்பார் பெண்டாட்டி அம்சாவிடம். தெருக்காரர்கள் சிரித்தால், “உங்களுக்குப் போடுறது செவிடன் காதுல ஊதின சங்கு, போங்கய்யா” என்று விரட்டுவார்.

அந்தத் தட்டில் ஓர் இடம் உண்டு. கித்தாரும் டிரம்மும் அடித்து நொறுக்கிவிட்டுச் சட்டென்று அடங்கும். அப்போது எங்கோ தூரத்தில் ஒரு சின்ன மணி, ‘ணிங்’ என்று. அதுதான் பரசுராமனுக்கு உயிர். முதல் நாள் கேட்டபோது, ராட்டையில் பட்டு நூல் சுற்றிக்கொண்டிருந்த அம்சா, ஐஸ் வண்டி வந்துவிட்டதென்று வாசலுக்கே ஓடிவிட்டாள். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். அதற்கப்புறம் எத்தனை தடவை கேட்டாலும் அந்த மணிக்கு அவள் தலை தானாக வாசல் பக்கம் திரும்பும். பழக்க தோஷம், என்ன செய்வது!

அந்த வருஷம் ஆடி முழுக்கக் கோயில் கோயிலாகக் குழாய் கட்டினார். முடிந்து வீட்டுக்கு வந்தபோது காதுக்குள் ஒரு வண்டு குடியேறியிருந்தது. ‘ஙொய்’ என்று ஓயாமல் ரீங்காரம். பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னாள் அம்சா. “தானா பூடும்” என்றார். உள்ளுக்குள் பயம். காது போய்விட்டால் அந்த ஞாயிற்றுக்கிழமையும் போய்விடும். வண்டு அடங்கட்டும், அதுவரை தட்டைத் தொடுவதில்லை என்று வைராக்கியமாக இருந்தார்.

ஆயுத பூஜை வந்தது. ஆம்பிளிபயர், மைக், குழாய், ராட்டை எல்லாவற்றுக்கும் அம்சா சந்தனம் குங்குமம் வைத்தாள். புருஷன் உசிராக வைத்திருக்கும் தட்டை மட்டும் விடுவாளா? அட்டையிலிருந்து உருவி, மூன்று இடத்தில் கொழகொழவென்று சந்தனம் அப்பி, நடுவில் குங்குமமும் வைத்துச் சாமி முன்னால் சாத்திவிட்டாள்.

“அடிப்பாவி! இன்னாடி பண்ணி வெச்சிருக்கிற?” அலறினார் பரசுராமன். “வரிக்குள்ள எல்லாம் எறங்கியிருக்குமே!”

அம்சா தட்டைத் தூக்கிக்கொண்டு ஓடினாள். பட்டு அலசுகிற மாதிரி பூந்திக்கொட்டைத் தண்ணீரில் அலசி, பூப்போல ஒற்றியெடுத்து நிழலில் காய வைத்தாள். காய்ந்ததும் அவர் போட்டார். டிரம் வந்தது. கித்தார் ஏதோ போர்வைக்குள்ளிருந்து வந்தது. எல்லாம் அடங்கியது. மணி வரவில்லை.

“போச்சு. சந்தனம் தின்னுடுச்சு” என்றார்.

அவள் மறுபடி அலசினாள். மறுபடியும் மணி இல்லை. அவர் திட்டினார். வாயில் வராத வார்த்தையெல்லாம் வந்தது. பதிலுக்குப் பதில் கொடுக்கிற அம்சா, அன்றைக்கு ராட்டை முன்னால் போய் உட்கார்ந்துகொண்டாள். அவரை ஒரு மாதிரி பார்த்தாள்.

“உனக்காச்சும் கேட்டுதா?”

“இல்லியே” என்றாள் மெதுவாக. “நான்தான்யா கெடுத்துட்டேன். என் கைய ஒடிக்கணும்.”

அந்தக் குரலில் என்னவோ இருந்தது. அவர் முள்ளைத் தூக்கி அதே இடத்துக்குக் கொஞ்சம் முன்னால் வைத்தார். இந்தத் தடவை தட்டைப் பார்க்கவில்லை. ராட்டை முன்னால் குனிந்து உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார். டிரம் அடித்து நொறுக்கியது. அடங்கியது. அவர் காதில் வண்டு மட்டும்.

அம்சாவின் தலை வாசல் பக்கம் திரும்பியது.

திரும்பிய பிறகுதான் அவளுக்கே தெரிந்தது. சட்டென்று குனிந்து, அறுந்துபோகாத நூலை முடிச்சுப் போடத் தொடங்கினாள். பரசுராமன் பார்த்துவிட்டார். ஐயோ, தட்டுக்கு ஒன்றுமில்லை. ஒரு பொட்டுகூடக் குறையவில்லை.

“ஆமா” என்றார் முள்ளைத் தூக்கியபடி. “நீதான் கெடுத்துட்ட.”

தட்டை அட்டைக்குள் போட்டு அவள் மடியில் வைத்தார். அம்சா நிமிரவேயில்லை.