அமெதிஸ்ட் என்று எழுதச் சொன்னார்கள்

ஒரே பொய்யை எழுதும்படி இரண்டு பேர் வெவ்வேறு காரணங்களுக்காக என்னிடம் கேட்டது என் வேலைக்காலத்தில் ஒரு தடவைதான் நடந்தது. ஒருவர் வாடிக்கையாளர். மற்றவர் என் முதலாளி. பொய்யும் பெரியதல்ல, ஒரே ஒரு சொல்: அமெதிஸ்ட்.

வெள்ளவத்தையில் காலி வீதியோரம், ஒரு புடைவைக் கடையின் மேல்மாடியில் இருந்தது எங்கள் லாப். இரண்டு அறைகள். ஒரு ஏசி. அது வேலை செய்யாத நாட்களில் கடற்காற்று. இரத்தினக் கற்களைச் சோதித்து, இது இன்ன கல் என்று ரிப்போர்ட் கொடுப்பதுதான் எங்கள் தொழில். விலை சொல்வதில்லை. ராசிக்குச் சரிவருமா என்றும் சொல்வதில்லை. வருகிறவர்கள் கேட்பது பெரும்பாலும் அந்த இரண்டையும்தான்.

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிற பிள்ளைகளுக்காக இதை எழுதுகிறேன். நான் ஓய்வுபெறுவதற்குச் சில வருடங்களுக்கு முன் நடந்தது.

1. கொட்டாஞ்சேனை மோதிரம்

ஒரு சனிக்கிழமை காலை ஸ்டெல்லா வந்தார். கொட்டாஞ்சேனைக்காரர், நாற்பத்தைந்து வயதிருக்கும், மட்டக்குளியில் ஒரு தொழிற்சாலையில் சூப்பவைசர். கைக்குட்டையில் சுற்றிய ஒரு வெள்ளி மோதிரத்தை மேசையில் வைத்தார். அதில் இரண்டு கரட் எடைக்குக் கொஞ்சம் கூடுதலான, மெல்லிய ஊதா நிறக் கல்.

"மிஸ், இது அமெதிஸ்ட்ன்னு ஒரு சர்டிபிகேட் வேணும்."

"பாத்துப்போட்டுத்தான் என்ன கல்லெண்டு சொல்லலாம்."

"பாக்குறதுக்கு என்ன இருக்கு மிஸ்? நான்தானே வாங்குனேன்."

இப்படிச் சொல்கிறவர்களிடம் விவாதிக்கக் கூடாது, கதிரையைக் காட்ட வேண்டும். உட்கார்ந்ததும் அவரே கதையைச் சொன்னார்.

அவருடைய கணவர் பெனடிக்ட் துறைமுகத்தில் கிரேன் ஒப்பரேட்டர். குடிப்பார். குடித்துவிட்டு வேலைக்குப் போய் ஒரு முறை பிடிபட்டு, இரண்டு மாதம் வீட்டில் இருந்தார். இன்னொரு முறை பிடிபட்டால் வேலையே போய்விடும் என்று எழுத்தில் வந்தது. ஸ்டெல்லா நேர்த்திக்கடன் வைத்தார், சத்தியம் வாங்கினார், மருந்தும் கொடுத்துப் பார்த்தார். ஒன்றும் சரிவரவில்லை. அப்போதுதான் மாதா கோயிலில் யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஆயர்மார் மோதிரத்தில் போடுகிற ஊதாக் கல்லுக்கு அமெதிஸ்ட் என்று பெயர், கிரேக்க மொழியில் அதற்குப் 'போதை ஏறாதது' என்று அர்த்தம். நம் ஆட்கள் செவ்வந்திக்கல் என்று சொல்வதும் அதைத்தான்.

"பேரே அப்பிடின்னா கல்லு எப்பிடி இருக்கும்னு யோசிச்சேன்" என்றார் ஸ்டெல்லா.

செட்டியார் தெருவில் பழைய நகை வாங்கி விற்கிற ஒரு சின்னக் கடையில் இந்த மோதிரம் கிடைத்தது. கடைக்காரரும் அமெதிஸ்ட் என்றுதான் சொன்னார். பெனடிக்ட் முதலில் சிரித்தார். பிறகு போட்டுக்கொண்டார். பதினொரு மாதமாக ஒரு துளி தொடவில்லை.

"அப்ப இப்ப என்ன பிரச்சினை?"

"கூட வேல செய்ற ஒருத்தன் சொல்லிட்டான், இது கண்ணாடின்னு. அன்னையிலேர்ந்து மனுசன் மோதிரத்தையே பாத்துக்கிட்டு இருக்காரு. 'ஸ்டெல்லா, இது கண்ணாடின்னா நான் ஏன் குடிக்காம சும்மா இருக்கேன்'னு நேத்து கேட்டாரு மிஸ். நீங்க எழுதிக் குடுத்தா பிரேம் போட்டு வச்சிருவேன்."

2. இரண்டாம் முறை பார்த்தது

கண்ணாடி இல்லை என்பது லூப் என்கிற கைலென்சில் பார்த்ததுமே தெரிந்தது. நல்ல செய்தியைச் சீக்கிரம் சொல்லிவிடலாம் என்று ரிஃப்ராக்டோமீற்றரில் வைத்தேன். கல்லுக்குள் ஒளி எவ்வளவு வளைகிறது என்று காட்டும் கருவி அது. அமெதிஸ்ட் என்றால் 1.54, 1.55 காட்ட வேண்டும். இது 1.72 காட்டியது.

கருவியைத் துடைத்து மீண்டும் வைத்தேன். அதே 1.72.

அந்த எண் ஸ்பினெல் என்கிற வேறொரு கல்லுக்கு உரியது. ஊதா நிற ஸ்பினெல் இலங்கையில் அபூர்வமல்ல. குறிப்புத் தாளில் பென்சிலால் ஸ்பினெல் என்று எழுதினேன், தேநீர் குடிக்க எழும்பினேன். உண்மையைச் சொல்வதானால், அன்று மதியத்தோடு வேலை முடிய வேண்டும் என்ற எண்ணம்தான் எனக்கு. கொத்தமல்லி விற்பவர் கூட இதைவிடக் கவனமாகப் பார்த்திருப்பார்.

திரும்பி வந்து, பழக்கதோஷத்தில் மோதிரத்தைப் போலரிஸ்கோப்பில், கல் ஒளியை இரண்டாகப் பிரிக்கிறதா என்று காட்டும் கருவியில், வைத்துத் திருப்பினேன். ஸ்பினெல் என்றால் எப்படித் திருப்பினாலும் இருட்டாகவே இருக்க வேண்டும். இந்தக் கல் ஒரு சுற்றில் நான்கு முறை வெளிச்சமாகி நான்கு முறை இருண்டது. மைக்ரோஸ்கோப்பில் பார்த்தபோது கல்லின் அடிப்பக்க விளிம்புகள் மெல்ல இரட்டைக் கோடாகத் தெரிந்தன.

ஸ்பினெல்லின் எண்ணோடு, ஒளியை இரண்டாகப் பிரிக்கும் ஊதாக் கல். அப்படி ஒன்றைப் புத்தகத்தில் மட்டும்தான் படித்திருந்தேன். டாஃபைட். உலகத்தில் மிக அபூர்வமான கற்களில் ஒன்று. அமெதிஸ்ட்டின் விலையோடு இதன் விலையை ஒப்பிடுவது, சைக்கிளோடு கப்பலை ஒப்பிடுவது போல.

உறுதிப்படுத்த மோதிரத்திலிருந்து கல்லைக் கழற்றி, லேசர் ஒளியால் கல்லை அடையாளம் காணும் ராமன் கருவி உள்ள வேறொரு லாபுக்கு அனுப்ப வேண்டும். ஸ்டெல்லாவிடம் சொன்னேன். பெயரை மட்டும் சொல்லவில்லை.

"கழட்டுனா பவர் போயிருமே மிஸ்."

"மூண்டு நாள்தான்."

"மூணு நாளா?" அவர் விரல் விட்டு நாட்களை எண்ணினார். "சரி, அவர லீவு போட்டு வீட்டுல வச்சிக்கிறேன். வாசல்ல நான் இருப்பேன்."

3. முதலாளியின் யோசனை

எங்கள் முதலாளியை எல்லோரும் சேர் என்றுதான் கூப்பிடுவோம். கெட்ட மனிதரல்ல. சம்பளம் பிந்தியதில்லை, தைப்பொங்கலுக்கு எல்லோருக்கும் பொங்கல் வரும். கல் விஷயத்தில் மட்டும் அவருக்கு ஒரு நோய் இருந்தது. நல்ல கல்லைக் கண்டால் அது தன்னுடையதாக இருக்க வேண்டும்.

செவ்வாய்க்கிழமை முடிவு வந்தது. டாஃபைட்தான். சேர் கதவைச் சாத்திவிட்டு என் முன்னால் உட்கார்ந்தார்.

"பிள்ளை, அந்த மனுசி என்ன கேட்டவ?"

"அமெதிஸ்ட் எண்டு ரிப்போர்ட்."

"அப்ப அப்பிடியே எழுதிக் குடுங்கோவன். அவவுக்கும் நிம்மதி, புருசனும் குடிக்கமாட்டார். ஒரு குடும்பம் நல்லா இருக்கும். பிறகு நான் ஒரு ஆளை அனுப்பி, மோதிரத்தை நல்ல விலைக்கே வாங்கிறன்."

"சேர், அது அமெதிஸ்ட் இல்லை."

"எனக்குத் தெரியும். அதுதானே வாங்கப்போறன்."

அவர் பேசியது முழுக்கப் பொய் என்றால் எனக்கு வேலை சுலபமாக இருந்திருக்கும். ஆனால் பாதி உண்மை. அமெதிஸ்ட் என்று எழுதினால் பெனடிக்ட் குடிக்காமல் இருக்கக்கூடும். டாஃபைட் என்று எழுதினால், குடிக்க ஒரு காரணமும் குடிக்கப் பணமும் ஒரே நாளில் நான் கொடுத்ததாகிவிடும். அன்று பகல் முழுவதும் ரிப்போர்ட் தாள் என் முன்னால் வெறுமையாகக் கிடந்தது. இரண்டு தடவை பேனாவை எடுத்து 'அ' போடுகிற அளவுக்குப் போனேன்.

கடைசியில் என்னைத் தடுத்தது பெரிய நேர்மை ஒன்றும் இல்லை. சனிக்கிழமை ஸ்பினெல் என்று பென்சிலால் எழுதிய அந்தத் தாள் மேசையில் இருந்தது. சோம்பலில் ஒரு பிழையான பெயரை எழுதப் பார்த்தவள், இப்போது இரக்கத்தில் இன்னொரு பிழையான பெயரை எழுதப் போகிறேனா என்று வெட்கமாக இருந்தது. டாஃபைட் என்று எழுதி, கையெழுத்துப் போட்டு, சேரின் மேசையில் ஒரு கொப்பியை வைத்தேன்.

அவர் அதைப் படித்தார். "நீங்கள் வியாபாரத்துக்குச் சரிவரமாட்டீங்கள்" என்றார்.

4. பெனடிக்ட் கேட்ட கேள்வி

புதன்கிழமை இருவரும் வந்தார்கள். பெனடிக்ட் உயரமான மனிதர், சட்டையை மடிப்புக் கலையாமல் போட்டிருந்தார். மோதிரம் இல்லாத விரலை மற்றக் கையால் பிடித்தபடியே இருந்தார். ரிப்போர்ட்டை ஸ்டெல்லாதான் வாங்கினார். வாசித்ததும் முகம் மாறியது.

"மிஸ், இது என்ன பேரு? நான் கேட்டது இது இல்லையே."

சொன்னேன். அமெதிஸ்ட் இல்லை, கண்ணாடியும் இல்லை, மிக அபூர்வமான கல், யாரிடமும் அவசரப்பட்டு விற்க வேண்டாம், எங்கள் சேரிடம்கூட வேண்டாம் என்று சொன்னேன். விலை சொல்லும் வழக்கமில்லை என்றாலும் அன்று ஒரு குத்துமதிப்புச் சொன்னேன். ஸ்டெல்லா அந்தத் தொகையைக் கேட்டதாகவே காட்டிக்கொள்ளவில்லை.

"எங்களுக்கு அமெதிஸ்ட்ன்னு எழுதித் தாங்க மிஸ். உங்களுக்கு என்ன நட்டம்?" ரிப்போர்ட்டை என் பக்கம் தள்ளினார். "நீங்க அவர மறுபடி குடிக்க வைக்கிறீங்க."

பெனடிக்ட்தான் பேசினார், மெதுவாக.

"இந்தப் பேருக்கு என்ன அர்த்தம் மிஸ்?"

"அர்த்தம் எண்டு ஒண்டும் இல்லை. அது ஒரு ஆளின்ரை பேர். அயர்லாந்தில இருந்தவர். பழைய கல்லுகளைக் குவியலா வாங்கிப் பாத்துக்கொண்டிருந்தவர். எல்லாரும் ஸ்பினெல் எண்டு விட்ட ஒரு கல்லிலை கோடு இரட்டையாத் தெரியுறதைக் கண்டவர். அதனாலை அவரின்ரை பேரை வைச்சிட்டினம்."

"அவரு குடிப்பாரா?"

"தெரியாது."

அவர் தலையாட்டினார். பிறகு, என்னைப் பார்க்காமல் மேசையைப் பார்த்துக் கேட்டார்.

"அப்ப பதினோரு மாசம் நான் எதனால குடிக்காம இருந்தேன்?"

லாபில் அதற்குக் கருவி இல்லை. "அது கல்லாலை இல்லை எண்டு மட்டும் என்னாலை சொல்லலாம்" என்றேன்.

கல்லை மீண்டும் மோதிரத்தில் பதித்துக் கொடுத்தோம். அவர் விரலில் போட்டுக்கொண்டார். படியிறங்கும்போது ஸ்டெல்லா என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையை நினைத்தால் இன்றைக்கும் சங்கடமாக இருக்கிறது.

5. பிறகு நடந்தது

ஒரு மாதம் ஒரு தகவலும் இல்லை. ஒவ்வொரு நாளும் அந்த மனிதர் கிரேனில் தள்ளாடி ஏறுவதாகக் கற்பனை செய்துகொண்டிருந்தேன். பிறகு ஒரு நாள் ஸ்டெல்லா லவ் கேக் பெட்டியோடு வந்தார். சிரிப்பதா அழுவதா என்று தெரியாத முகம்.

"குடிக்கிறாரா?" என்று கேட்டேன்.

"எங்க மிஸ் குடிக்கிறது? வேல முடிஞ்சா நேரா வீடு. பஸ்ல கைய சட்டப் பைக்குள்ள வச்சிக்கிட்டு வர்றாரு. குடிச்சிட்டு எங்கயாவது விழுந்தா கல்லு தொலைஞ்சிரும்னு பயம். கூட்டாளிங்க கல்யாணத்துக்குக் கூப்பிட்டாக்கூடப் போறதில்ல. இப்ப நான்தான் சொல்றேன், கொஞ்சம் வெளிய போயிட்டு வாங்களேன்னு."

போதை ஏறாதது என்று அர்த்தமுள்ள கல் ஓர் ஆளைப் பதினொரு மாதம் காப்பாற்றியது. ஒரு அர்த்தமும் இல்லாத கல் அதைவிடக் கடுமையாகக் காவல் காத்தது. முதல் கல்லும் இரண்டாவது கல்லும் ஒன்றுதான் என்பதை நினைத்து நான் பல நாள் தனியாகச் சிரித்திருக்கிறேன்.

எங்கள் சேரும் சும்மா இருக்கவில்லை. பெயர்களை மறைத்து, என் ரிப்போர்ட்டின் கொப்பியைப் பெரிதாக்கி, கண்ணாடி போட்டு வரவேற்பறையில் மாட்டினார். வருகிறவர்களிடம், "அண்டைக்கு அமெதிஸ்ட் எண்டு எழுதச் சொல்லி எவ்வளவோ நெருக்குதல். நாங்கள் அசையேல்லை" என்று சொல்வார். நான் பக்கத்தில் நின்றாலும் சொல்வார்.

அடுத்த வருடம் மகளின் படிப்புக்காக அவர்கள் கல்லை விற்றார்கள். நம்பிக்கையான ஒருவரை நானே அறிமுகப்படுத்தினேன். நல்ல விலை கிடைத்தது. மகள் படிக்கப் போனாள், ஹெந்தளையில் ஒரு சின்ன வீடும் வாங்கினார்கள். மோதிரம் போய்விட்டதே என்று எனக்குத்தான் பயம். சில மாதம் கழித்துத் தயங்கித் தயங்கி ஸ்டெல்லாவுக்குப் போன் எடுத்தேன்.

"இப்ப விரலிலை என்ன போட்டிருக்கிறார்? உண்மையான அமெதிஸ்ட் ஒண்டு வாங்கிக் குடுத்தீங்களோ?"

"வாங்கப் போனேன் மிஸ். வேணாம்னுட்டாரு. விரல்ல ஒண்ணும் இல்ல. மோதிரம் இருந்த எடத்துல வெள்ளையா ஒரு கோடு மட்டும் இருக்கு. சாயங்காலமானா சில நாள் அதத் தடவிக்கிட்டு இருப்பாரு. நான் ஒண்ணும் கேக்குறதில்ல."

"குடிக்கிறேல்லையே?"

"இன்னிக்கு இல்ல மிஸ்."

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான். ஒரு கல்லை இரண்டு முறை பாருங்கள். அது என்ன என்று மட்டும் எழுதுங்கள். அது என்ன செய்யும் என்று கேட்டால், அந்தக் கட்டம் எங்கள் ரிப்போர்ட் தாளில் இல்லை என்று சொல்லுங்கள். அந்தக் கட்டத்தை நிரப்புகிறவர்கள் ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு படியிறங்கிப் போகிறவர்கள்தான்.