பெயரைக் கேட்க வந்தவள்

அவள் உடையில் எப்போதும் ஏதாவது ஒரு நூல் ஒட்டிக்கொண்டிருக்கும். அதனால் தெருவில் எல்லோருக்கும் அவள் நூலக்கா. மகப்பேறு மருத்துவமனைக்கு எதிரே ஒரு குழந்தைத்துணிக் கடை. அதன் பின்னறையில் எம்பிராய்டரி மெஷின் முன்னால் உட்கார்ந்து போர்வையிலும் தொப்பியிலும் பெயர் போடுவதுதான் அவள் வேலை. காய்கறிக்காரருக்கு எந்தக் காய் எப்போது ஓடும் என்று தெரிவதுபோல அவளுக்குப் பெயர்கள். ஒரு வருடம் எல்லோரும் ஒரே பெயரைக் கேட்பார்கள், மறு வருடம் அதைச் சீண்ட ஆள் இருக்காது.

அவளும் பிள்ளை உண்டாகியிருந்த சமயம் அது. நிறைமாதமாக இருந்த ஒரு பெண் கடைக்கு வந்தாள். இரண்டு தெரு தள்ளியிருந்த மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். வெள்ளைப் போர்வை ஒன்றை எடுத்து, சாம்பல் கலந்த பச்சை நூலில் பெயர் போடச் சொன்னாள்.

"நிவேளா. பள்ளிக்கூட ள."

நூலக்கா கேட்டதே இல்லாத பெயர். என்ன அர்த்தம் என்று கேட்டாள்.

"அர்த்தம் ஒண்ணும் கிடையாதுங்க. நானே கட்டின பேரு. செத்துப்போனவங்க பேரு, சாமி பேரு, சினிமாக்காரங்க பேரு எதுவும் வேணாம்னு நினைச்சேன். எங்க கடையில அத்தனை மருந்துப் பேரும் பார்த்துட்டேன், அதுலயும் இல்ல. இவ வளர்ந்து எப்படி இருக்காளோ, அதுதான் அந்தப் பேருக்கு அர்த்தம்."

நூலக்கா மெஷினை ஓட்டியபடி அந்தப் பெயரை மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். முதல் எழுத்தில் ஒடுங்கிக்கிடந்த வாய் கடைசி எழுத்துக்கு நன்றாகத் திறந்துகொண்டது. தூரத்தில் இருப்பவரைக் கூப்பிடத் தோதான பெயர். இதுவரை யாரும் உடுத்தாத துணிபோல இருந்தது. வீட்டுக்குப் போகும்போதும் அது நாக்கிலேயே நின்றது.

போர்வையை வாங்க யாரும் வரவில்லை. மாதங்கள் போயின. இப்படித் தேங்கும் துணிகளில் பெயரைப் பிரித்துவிட்டு விற்பது கடை வழக்கம். முதலாளியம்மா பிரிக்கச் சொன்னார். நூலக்கா கத்தரியை எடுத்து முதல் முடிச்சில் வைத்தாள், மனசு கேட்கவில்லை. போர்வையைத் தானே வாங்கிக்கொண்டாள். அந்தப் பெண் ஏன் வரவில்லை என்று விசாரித்திருக்கலாம். மருந்துக்கடை நடக்கும் தூரம்தான். ஆனால் பதில் தெரிந்துவிட்டால் அந்தப் பெயரைத் தொட முடியாது என்று அவளுக்குள் ஏதோ சொன்னது. போகவில்லை.

அவளுக்குப் பெண் பிறந்தது. பெயரைக் கேட்டதும் அவள் கணவன், லிஃப்ட் மெக்கானிக், சிரித்துவிட்டான்.

"மாத்திரை பேரு மாதிரி இருக்கே. சாப்பாட்டுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

ஆனால் நாலு தடவை கூப்பிட்டுப் பார்த்ததும் அவனுக்கும் பிடித்துப்போனது. எங்கே பிடித்தாய் இந்தப் பெயரை என்று கேட்டவனிடம், தானாகத் தோன்றியது என்றாள்.

தடுப்பூசிக்காகக் குழந்தையை அதே போர்வையில் சுற்றிக்கொண்டு போன காலையில்தான் அது நடந்தது. கூடம் நிறையத் தாய்மார்கள். நர்ஸ் அட்டையைப் பார்த்துத் தடுமாறி, "நி... வேளா, யாருங்க?" என்றாள்.

"இதோ" என்று நூலக்கா எழுந்தாள். அதே நொடியில் கூடத்தின் மறுகோடியிலிருந்து இன்னொரு "இதோ" கேட்டது.

மருந்து அட்டைப்பெட்டியோடு அந்தப் பெண் நின்றிருந்தாள். மருத்துவமனைக்குச் சரக்குக் கொடுக்க வந்திருந்தாள். பெட்டியைத் தரையில் வைத்துவிட்டு நேராக வந்தாள். குழந்தையைப் பார்க்கவில்லை. போர்வையின் ஓரத்தில் இருந்த பச்சை எழுத்துகளை விரலால் தடவினாள்.

"அர்த்தம் இல்லைன்னு சொன்னேன் இல்ல. இப்ப இருக்கு."

அவ்வளவுதான். திரும்பிப் போய்ப் பெட்டியைத் தூக்கிக்கொண்டாள். ஊசி போடும்போது நர்ஸ் தணிந்த குரலில் சொன்னாள்: பாவம், அவளுக்குக் காலையில் பிறந்த பிள்ளை சாயங்காலம்வரை தங்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் நூலக்கா போர்வையை மடித்து அலமாரியின் அடியில் தள்ளினாள். போர்வையைத் தள்ளலாம், பெயரை எங்கே தள்ளுவது?

சில நாள் கழித்து, ஒரு சாயங்காலம், ஜன்னல் வழியே பார்த்தாள். எதிரே பஸ் நிறுத்தத்தில் மருந்துக்கடைப் பெண். ஒரு பஸ் வந்தது, போனது. அடுத்ததும் போனது. அவள் எதிலும் ஏறவில்லை. முகம் இந்த வீட்டுப் பக்கமே இருந்தது. மறுநாளும் வந்தாள். அதற்கு மறுநாளும்.

அந்த வாரமே குழந்தைக்குக் காய்ச்சல் கண்டது. சின்னப் பிள்ளைகளுக்கு வருவதுதான் என்றார் டாக்டர். நூலக்கா அதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை. இறந்த குழந்தைக்கு என்று கட்டிய பெயரை எடுத்து உயிரோடிருக்கும் பிள்ளைக்குப் போட்டுவிட்டோமே என்ற ஒன்றுதான் தலைக்குள் ஓடியது. அன்றிலிருந்து பெயர் சொல்லிக் கூப்பிடுவதை நிறுத்தினாள். குட்டி, கண்ணு, ஏய் என்று எதையாவது சொன்னாள். ஜன்னலைச் சாத்திவைத்தாள். வீடு அடுப்புபோலப் புழுங்கியது. சாத்திய கதவின் இடுக்கில் பார்த்தால் அங்கே அவள், தலையைச் சற்றே சாய்த்து, எதற்கோ காதைக் கொடுத்தவள்போல.

வேறு வழியில்லாமல் கணவனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவனுக்கு முதலில் கோபம், பிறகு பயம். கீழே இறங்கிப் போய்க் கேட்டான். பஸ்ஸுக்கு நிற்பதாக அவள் மரியாதையாகச் சொல்லி, வழிவிட்டு ஒதுங்கினாள். பஸ் நிறுத்தத்தில் நிற்காதே என்று யாரிடம் போய்ச் சொல்வது? பெயரை மாற்றிவிடலாம் என்று முடிவுசெய்து, பிறப்புப் பதிவு அலுவலகத்துக்குப் போக அவன் ஒரு நாள் விடுப்பும் சொல்லிவிட்டான்.

அந்த நாளுக்கு முந்தின மதியம் நூலக்கா, சாப்பிட வந்த கணவனிடம் குழந்தையை விட்டுவிட்டு மருந்துக்கடைக்குப் போனாள். கவுன்ட்டரில் அவள் மட்டும் இருந்தாள்.

"அக்கா, உங்க பிள்ளைக்கு வச்ச பேரை நான் எடுத்திருக்கக் கூடாது. நாளைக்கு மாத்திடறோம். இனிமே வராதீங்க."

அந்தப் பெண் கையில் இருந்த மாத்திரை அட்டையை வைத்துவிட்டு அவளைப் பார்த்தாள்.

"நான் அந்தப் பேரைச் சத்தமாக் கூப்பிட்டதே இல்லைங்க. கூப்பிடறதுக்குள்ள போயிட்டா. ஆஸ்பத்திரியில நர்ஸ் கூப்பிட்டதுதான் முதல் தடவை. நீங்க உங்க பிள்ளையைக் கூப்பிடறதைக் கேட்டுட்டுப் போயிடலாம்னுதான் வந்து நிக்கறேன். ஒரு நாளும் கூப்பிட மாட்டேங்கறீங்களே."

சாபம் விட வந்தவள் என்று நினைத்துத்தானே நூலக்கா ஜன்னலைச் சாத்தினாள்? அவள் சாத்தச் சாத்த அந்தப் பெண் நின்றுகொண்டே இருந்திருக்கிறாள். ஆனாலும் பயம் முழுதாக விலகவில்லை. பெயரைக் கேட்டதும் போய்விடுவாளா, இல்லை அடுத்துப் பிள்ளையையே கேட்பாளா?

அன்று சாயங்காலம் ஜன்னலைத் திறந்தாள். அந்தப் பெண் நின்றிருந்தாள். குழந்தை பாயில் குப்புறக் கிடந்து காலை உதைத்துக்கொண்டிருந்தது. நூலக்கா வாயைத் திறந்தாள். முதல் தடவை காற்றுதான் வந்தது. மறுபடி, தெருவுக்கே கேட்கும்படி கூப்பிட்டாள்.

"நிவேளா!"

குழந்தை தலையைத் தூக்கி அம்மாவைப் பார்த்தது. பஸ் நிறுத்தத்தில் அவள் கண்ணை மூடிக்கொண்டாள். உதடு ஒரு தரம் அசைந்தது. அடுத்து வந்த பஸ்ஸில் ஏறினாள்.

பிறகு வரவில்லை. சில வாரம் பொறுத்து மருந்துக்கடையில் எட்டிப் பார்த்தபோது கவுன்ட்டரில் ஒரு புது ஆள். அவள் வேலையை விட்டுவிட்டாள், எந்த ஊர் போனாள் என்று தெரியாது என்றான். நல்லபடியாகப் போனாளா என்று கேட்க வாய் வரை வந்ததை நூலக்கா விழுங்கிக்கொண்டாள்.

பெயரை மாற்றவில்லை. மகள் இப்போது பள்ளிக்குப் போகிறாள். முன்பல் விழுந்திருக்கிறது, வாய் ஓய்வதில்லை. தோழிகள் அவளை நிவி என்கிறார்கள், அப்பாவும் அப்படித்தான். முழுப்பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது அம்மா ஒருத்திதான். பக்கத்து அறையில் இருந்தாலும் அவள் குரல் தேவைக்கு மேல் உயர்ந்துவிடும். கூப்பிட்டு முடித்து, மகள் ஓடி வந்து நிற்கும்வரை, வேறெங்கிருந்தாவது பதில் வருகிறதா என்று அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பாள்.