மணிமொழியின் முதல் பாட்டு வெளியான வெள்ளிக்கிழமை

திருவண்ணாமலையில் யார் செத்தாலும் வீட்டாருக்கு அடுத்தபடியாக மணிமொழிக்குத்தான் தெரியவரும். வேங்கிக்காலில், கலெக்டர் ஆபீசுக்குப் போகும் ரோட்டில் ஒரு ஃப்ளெக்ஸ் கடையில் அவள் டிசைனர். காதுகுத்து வரும், மஞ்சள் நீராட்டு வரும், கட்சிக்காரர் பிறந்தநாள் வரும். ஆனால் அரக்கப்பரக்க ஓடி வருவது கண்ணீர் அஞ்சலி மட்டும்தான். செத்தவரின் ஆதார் போட்டோவைப் போனில் நீட்டி, "அக்கா, கொஞ்சம் சிரிச்ச மாதிரி பண்ணிக் குடுங்க" என்பார்கள். பண்ணிக் கொடுப்பாள். ஏழு வருஷத்தில் எத்தனை பேரை அப்படிச் சிரிக்கவைத்து வழியனுப்பினாள் என்று அவளே எண்ணிப் பார்த்ததில்லை.

மற்ற நேரத்தில் அவள் பாடகி. பாடகி என்றதும் பட்டுப்புடவை, தம்பூரா என்று நினைத்துவிட வேண்டாம். அவள் பாடுவது பாப் பங்க். அது என்னவென்று இந்த ஊரில் ஒருவருக்கு விளக்குவதற்குள் தாவு தீர்ந்துவிடும். சுருக்கமாகச் சொன்னால், உட்கார்ந்து அழவேண்டிய விஷயத்தைக் குதித்துக்கொண்டே கத்துவது. மூன்று பேர் பேண்ட். கிடார் பூஜா, தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர். டிரம்ஸ் பிரகாஷ், பகலில் வீடுவீடாக இன்டர்நெட் கேபிள் இழுப்பவன், மணிமொழியின் வீட்டுக்காரன். பேண்டுக்கு அவர்கள் வைத்த பெயர் 'பௌர்ணமிக் குப்பை'. கிரிவலத்துக்கு மறுநாள் காலையில் ரோட்டைப் பார்த்தவர்களுக்குப் பெயர்க்காரணம் சொல்ல வேண்டியதில்லை. பார்க்காதவர்கள் சாமியைத் திட்டுவதாக நினைத்துச் சண்டைக்கு வந்தார்கள்.

அந்தத் தொண்டை அவளுக்கு அப்பா கொடுத்தது. கீழ்பென்னாத்தூர் பக்கம் மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, போடுகிற விவசாயி தசரதன். விதைத்த கொல்லையில் காக்கா இறங்கினால் இந்த வரப்பில் அவர் கத்துவார், அந்த வரப்பில் இவள் கத்துவாள். அம்மா இல்லாத பெண். அவளுக்குத் தலை பின்னிவிட்டதும் அவர்தான். கோணல்மாணலாக, ஒரு சடை மேலேயும் ஒன்று கீழேயுமாகப் பின்னுவார். அதோடுதான் அவள் பள்ளிக்கூடம் போய்வந்தாள்.

அப்படி வளர்த்தவர் மூன்று வருஷமாகப் பேசுவதில்லை. பிரகாஷ் வேறு சாதி. இரண்டு பேரும் ரிஜிஸ்டர் ஆபீசில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போன் செய்தபோது, எதிர்முனையில் தசரதன் போனை வைத்துவிட்டார். அடிக்க வரவில்லை, ஆளும் அனுப்பவில்லை. யாரிடமோ போனைக் கொடுத்து அவள் நம்பரை பிளாக் செய்ய வைத்தார். வேறு நம்பரிலிருந்து கூப்பிட்டால் "அப்பா" என்றதும் கட் ஆகும். மூன்று முறை நேரில் போனாள். மூன்று முறையும் அவள் முன்வாசலில் நிற்க, அவர் பின்வாசல் வழியாகக் கொல்லைக்குப் போய்விட்டார். நாலு வார்த்தை திட்டித் தொலைத்திருந்தால் அவள் இவ்வளவு உடைந்திருக்க மாட்டாள்.

அந்த ஆற்றாமையில் பிறந்ததுதான் 'அப்பா, ஒரு தடவ'. ஆல்பமெல்லாம் இல்லை, ஒற்றைப் பாட்டு. அவர்கள் பாஷையில் சிங்கிள். இரண்டு நிமிஷம் ஐம்பது வினாடி. சென்னைக்குப் போய் ஒரே பகலில் பதிவு செய்து வந்தார்கள். வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு யூடியூப்பில் ஏற்றுவது, அதே நேரம் ஃப்ளெக்ஸ் கடை வாசலில் பந்தல் போட்டு நேரிலும் வாசிப்பது என்று முடிவானது.

ஊரே கேட்டாலும் சரி, ஊரில் ஒரு நாய் கேட்காவிட்டாலும் சரி, மணிமொழிக்கு ஒரே ஒரு ஆள் கேட்க வேண்டும். அவரோ யூடியூப் பார்க்கிறவர் இல்லை. ஆனால் தினமும் காலையில் கீழ்பென்னாத்தூர் பஸ் ஸ்டாண்டு எதிரில் டீ குடிக்கிறவர். அந்த டீக்கடைக்கு எதிர்ச்சுவரில் நாலு போஸ்டர் ஒட்டிவிட்டால் போதும் என்று அவள் கணக்குப் போட்டாள்.

போஸ்டரை அவளே செய்தாள். இரண்டு ஆர்டர்களுக்கு நடுவில், இருபது நிமிஷத்தில். பேண்ட் பெயரைப் போடவில்லை, 'குப்பை' என்று பார்த்தால் அப்பாவுக்குக் கோபம் வரும். பாட்டின் பெயரையும் போடவில்லை, அதை அவர் அவள் வாயால் கேட்கவேண்டும். கறுப்பு வெள்ளைதான் பங்க் பாட்டுக்கு எடுப்பு என்று பூஜா சொன்னாள். ஆக, நடுவில் கறுப்பு வெள்ளையில் கண்ணை மூடிய மணிமொழியின் முகம். கீழே பெரிய எழுத்தில் அவள் பெயர். அதற்கும் கீழே தேதி, வெள்ளி மாலை 5 மணி, வேங்கிக்கால், கடையின் அடையாளம். கடைசி வரியில் 'நண்பர்கள்'. ஏழு வருஷமாகக் கை எந்த அளவில், எந்த இடத்தில் எழுத்தை வைத்துப் பழகியதோ அப்படியே வைத்தது. அவள் கண்ணுக்கு அதில் ஒரு குறையும் படவில்லை. பிரகாஷ்தான் வியாழக்கிழமை இருட்டுவதற்குள் பைக்கில் போய் ஒட்டிவிட்டு வந்தான்.

வெள்ளிக்கிழமை ஐந்து மணிக்குப் பந்தலுக்குக் கீழே அறுபது நாற்காலி, நாற்பது ஆள். காலேஜ் பிள்ளைகள், பக்கத்துக் கடைக்காரர்கள், சும்மா வேடிக்கை பார்க்க நின்றவர்கள். பிரகாஷ் அடிக்க ஆரம்பித்தான். மணிமொழி மைக்கைப் பிடித்தாள்.

"பின்வாசல் வழியா போவாத, அப்பா,
ஒரு தடவ முன்னால வா,
திட்டணும்னா திட்டிட்டுப் போ,
ஒரு தடவ பேரைச் சொல்லு."

இரண்டாவது முறை 'பேரைச் சொல்லு' வரும்போது ரோட்டோரமாக ஒரு லோடு வேன் வந்து நின்றது. அதிலிருந்து ஏழெட்டுப் பேர் இறங்கினார்கள். முதலில் இறங்கியவர் தசரதன்.

மணிமொழிக்குக் கால் தரையில் இல்லை. அப்பா வந்துவிட்டார். போஸ்டரைப் பார்த்துவிட்டு வந்துவிட்டார். தனியாகக்கூட இல்லை, அத்தை ஜோதியம்மாளையும் பங்காளிகளையும் கூட்டிக்கொண்டு வண்டி பிடித்து வந்திருக்கிறார். கடைசி வரிசை நாற்காலிக்குப் பின்னால் துண்டை வாயில் பொத்திக்கொண்டு நின்றார். அழுதிருக்கிறார். கண் சிவந்து வீங்கியிருந்தது அங்கிருந்தே தெரிந்தது. அவளையே, இமைக்காமல், பேயைப் பார்ப்பதுபோல் பார்த்தார். பாட்டு அவரைப் பிடித்துவிட்டது என்று நினைத்தாள் அந்தப் பைத்தியக்காரப் பெண். சென்னையில் பாடியதெல்லாம் ஒரு பாட்டா? அன்றைக்குப் பாடினாள், அதுதான் பாட்டு. கொல்லையின் அந்தக் கோடிக்குக் கேட்கிற மாதிரி கத்தினாள். காலேஜ் பிள்ளைகள் நாற்காலிமேல் ஏறி நின்றார்கள்.

பாட்டு முடிந்ததும் மைக்கைப் போட்டுவிட்டு ஓடினாள். அத்தை கையில் பெரிய ரோஜா மாலை இருந்தது. தனக்குத்தான் என்று சிரித்துக்கொண்டே போய்க் கழுத்தை நீட்டினாள்.

அத்தை மாலையை வெடுக்கென்று பின்னால் இழுத்தாள். "ஐயோ, வேணான்டி! இது உனக்கு வேணான்டி!"

"இன்னா அத்தை?"

"செத்துட்டன்னு நெனச்சி வந்தோம்டி, பாவி! காலைல செவுத்துல போஸ்டரப் பாத்துட்டு உங்கப்பன் ரோட்லயே உக்காந்துட்டான். அஞ்சு மணின்னு போட்டிருந்திச்சி, எடுக்கற நேரம்னு நெனச்சோம். இங்க வந்தா பந்தலு, சேரு, மேளம். நாங்க இன்னாத்த நெனக்கறது?"

மணிமொழி அப்பாவின் கையைப் பார்த்தாள். ஜவுளிக்கடைப் பை. வாய் திறந்த பைக்குள் மடிப்புக் கலையாத புடவை. கட்டிக்கொடுத்த பெண் செத்தால் பிறந்த வீட்டிலிருந்து கோடிப் புடவை கொண்டுவந்து போடவேண்டும், அதைப் போட்டுத்தான் பிணத்தை எடுக்க விடுவார்கள். அவளுக்குத் தெரியாததா என்ன? கல்யாணத்துக்கு ஒரு முழத் துணி எடுக்காத மனுஷன் சாவுக்குப் புடவை எடுத்திருக்கிறார். சிவப்புக் கரை போட்ட பச்சை. அவளுக்குப் பிடிக்கும் என்று பார்த்துத்தான் எடுத்திருக்கிறார்.

"அப்பா, நான் இருக்கேன்பா" என்றாள். சொல்லும்போதே அழுதுவிட்டாள்.

தசரதனின் கை ஒருமுறை அவள் தலைப்பக்கமாக எழுந்தது. அந்த நேரம் பார்த்து, டிரம்ஸை விட்டுவிட்டுப் பிரகாஷ் ஓடிவந்து அவள் பக்கத்தில் நின்றான். பாவம், அவன் மேல் தப்பில்லை. பெண்டாட்டி அழுகிறாள் என்று வந்தான். எழுந்த கை இறங்கிவிட்டது. தசரதன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். துடைத்து எடுத்தபோது பழைய முகம் திரும்பி வந்திருந்தது.

"அப்பா, அந்தப் பொடவைய எனக்குக் குடுங்கப்பா."

"உசுரோட இருக்கறவளுக்குக் கோடி குடுப்பாங்களாடி? வாய மூடு" என்று அத்தை பதறினாள்.

தசரதன் அக்காவைப் பார்த்து, "வாக்கா, போலாம்" என்றார். மகள் பக்கம் திரும்பாமல் வேனில் ஏறினார். வேன் கிளம்பும்வரை மணிமொழி அதன் பின்கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். டிரைவர் இறங்கி வந்து, "விடுங்கம்மா" என்று சொல்லித்தான் விட்டாள்.

இதையெல்லாம் யாரோ ஒருவன் போனில் வீடியோ எடுத்திருந்தான். மாலையும் நீட்டிய கழுத்தும் அன்றைக்கே ஊரெல்லாம் சுற்றின. அதைப் பார்த்தவர்கள் பாட்டைத் தேடி வந்தார்கள். நூறு பேர் கேட்டால் பெரிது என்று நினைத்த பாட்டை இரண்டே நாளில் நாலு லட்சம் பேர் கேட்டுவிட்டார்கள். 'அழுதுட்டேன்' என்று பாதிப் பேர் எழுதினார்கள். 'செம விளம்பரம், அப்பாவா நடிச்சவர் யாருங்க?' என்று மீதிப் பேர் கேட்டார்கள். வேலூரில் ஒரு காலேஜ் விழாவுக்குக் கூப்பிட்டார்கள். பூஜாவுக்குச் சந்தோஷப்படுவதா வேண்டாமா என்று புரியவில்லை. பிரகாஷ் எண்ணிக்கை ஏறுவதைத் திருட்டுத்தனமாகப் பார்ப்பான், மணிமொழி வந்தால் போனைக் கவிழ்த்து வைப்பான்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவள் அத்தைக்குப் போன் செய்தாள். அத்தை மட்டும் எடுப்பாள், தம்பி பக்கத்தில் இல்லாவிட்டால்.

"அத்தை, அன்னிக்கு வரும்போது அப்பா வண்டில இன்னா பண்ணாரு?"

"இன்னா பண்ணுவான்? உன் பேரச் சொல்லிச் சொல்லி நெஞ்சுல அடிச்சிக்கினே வந்தான். ரெண்டு பேரு புடிச்சிக்கினோம். சின்னப் புள்ள மாதிரி அழுதான்டி. தல பின்னத் தெரியாம கோணலா பின்னி அனுப்புனனேன்னு அதையே சொல்லிச் சொல்லி அழுதான்."

மணிமொழி போனை இன்னொரு காதுக்கு மாற்றிக்கொண்டாள்.

"திரும்பிப் போகும்போது?"

"போகும்போது ஒண்ணும் இல்ல. சும்மா வெளிய பாத்துக்கினு வந்தான்."

"அழலையா அத்தை?"

"எதுக்குடி அழுவான்? நீதான் உசுரோட இருக்கியே."

அத்தை அதை ஆறுதலாகத்தான் சொன்னாள்.