யானையின் வயிற்றுக்குக் கீழே மூன்று தரம்

ஒரு பிள்ளை பயப்படுகிறதென்றால், அந்தப் பயம் முழுவதும் அந்தப் பிள்ளையினுடையதுதானா? இந்தக் கேள்வி எனக்குள் கிடந்து பல வருடமாகிறது. பதில் தெரிந்துவிட்டதென்று ஒருநாள் நினைப்பேன். மறுநாள் காலையில் என் மகள் கதவு நிலையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "அம்மா, வயித்துக்குள்ள நோகுது" என்பாள். தெரிந்த பதில் போய்விடும்.

அவளுக்கு ஐந்து வயது. வைத்தியர் நாக்கைப் பார்த்தார், வயிற்றை அமுக்கிப் பார்த்தார், ஒன்றுமில்லை என்றார். அது எனக்கு முன்பே தெரியும். அதே வயிற்று நோவோடு இதே கண்டியில் நானும் ஒரு காலத்தில் அலைந்திருக்கிறேன். அதற்கு என்னை ஒரு யானையிடம் கொண்டுபோனார்கள்.

அப்போது எனக்கு ஏழு வயது. ஐயா ஒரு தேயிலைக் கம்பனியின் கந்தோரில் கிளாக்கர். உத்தியோகத்துக்காக யாழ்ப்பாணத்திலிருந்து வந்து கட்டுக்கலையில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். ஐயா, அம்மா, நான், அம்மாவின் தம்பியான மாமா என்று நாலு பேர். மாமா தபால் கந்தோரில் வேலை பழகிக்கொண்டிருந்தார். வேலையைவிட அங்கே கேட்ட கதைகளையே அதிகம் வீட்டுக்குக் கொண்டுவருவார்.

பள்ளிக்கூடம் வீட்டிலிருந்து கால்மணி நேர நடை. சந்தி வரைக்கும் போவேன். திரும்பிப் பார்ப்பேன். வீட்டு வாசல் படலையடியில் அம்மா நிற்பார். இன்னும் பத்து அடி போனால் அம்மா கண்ணுக்கு மறைந்துவிடுவார். அந்தப் பத்து அடிதான் என்னால் ஏலாமல் இருந்தது. நான் திரும்பி வரும்போது அம்மா வீட்டில் இருக்கமாட்டார் என்று எனக்குள் ஒன்று சொல்லிக்கொண்டே இருந்தது. எங்கே போவார், ஏன் போவார் என்று அது சொல்லவில்லை. நானும் ஒருவரிடமும் அதைச் சொல்லவில்லை. சொன்னால் நடந்துவிடும் என்று நினைத்தேன். அதனால் வெளியே தெரிந்தது வயிற்று நோ மட்டும்தான்.

யாராவது என்னை இழுத்துக்கொண்டுபோய் வகுப்பில் விட்டாலும் பயன் இருக்கவில்லை. உள்ளங்கை வேர்த்துச் சிலேட்டில் எழுதிய கணக்கு அழிந்துபோகும். யன்னல் வழியே வீதியைப் பார்த்துக்கொண்டிருப்பேன். விரல் நகமெல்லாம் கடித்துக் கடித்து முடிந்துவிட்டது. ஆசிரியை என்னை மந்தம் என்று எண்ணிப் பின்வரிசை வாங்கில் இருத்தினார். அங்கிருந்து வீதி இன்னும் நன்றாகத் தெரிந்தது.

வீட்டில் வைத்தியம் நடந்தது. கோயிலில் நூல் கட்டினார்கள். டிஸ்பென்சரியில் மண்ணிறக் கலவை மருந்து வாங்கித் தந்தார்கள். நூல் அறுந்தது, மருந்து முடிந்தது, நோ மட்டும் காலை ஏழு மணிக்குத் தவறாமல் வந்தது. கடைசியில் தலைமை ஆசிரியை ஒரு கடிதம் எழுத, ஐயா தீர்ப்புச் சொன்னார்.

"இந்த மாதம் முடியிறதுக்குள்ள பிள்ளை ஒழுங்காப் பள்ளிக்கூடம் போகாட்டில் ஊருக்கு அனுப்புவம். அத்தை வைச்சுப் படிப்பிப்பா."

அம்மாவை விட்டுப் போகப் பயந்த பிள்ளைக்கு மருந்து, அம்மாவை விட்டே அனுப்பிவிடுவது. ஐயாவுக்கு விஷயம் தெரியாது, பாவம். நான் அன்றிரவு சாப்பிடவில்லை. அதையும் வயிற்று நோக் கணக்கில் எழுதிக்கொண்டார்கள்.

அப்போதுதான் மாமா தபால் கந்தோரிலிருந்து யானையைக் கொண்டுவந்தார். அவருக்குப் பக்கத்தில் இருந்து வேலை செய்யும் சிங்களவர் ஒருவர் சொன்னாராம்: பயந்த பிள்ளையை யானையின் வயிற்றுக்குக் கீழே மூன்று தரம் விட்டெடுத்தால் பயம் போய்விடும், கண்டிப் பக்கத்தில் எல்லோரும் செய்வதுதான், கட்டுகஸ்தோட்டையில் மகாவலி கங்கைக்குக் குளிக்க வரும் யானைகளில் நல்ல சாதுவான ஒன்று இருக்கிறது.

"படிச்ச ஆக்கள் செய்யிற வேலையே இது?" என்றார் ஐயா.

"யானைக்கு இவளின்ர பயம் ஒரு பாரமே அத்தான்? வாங்கிக்கொண்டு பேசாமல் நிக்கும்."

அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். ஐயா பேசும்போது குறுக்கே பேசும் வழக்கம் அவருக்கில்லை. அன்று சுளகை நிறுத்திவிட்டு, "போய்ப் பாப்பமே" என்றார். பிறகு மாமாவைப் பார்த்து, "ஏன் தம்பி, பிள்ளையள் மட்டும்தானோ கீழால போறது?" என்று கேட்டார்.

"ஆரும் போகலாமாம் அக்கா. ஏன், அத்தானை விடப்போறியளோ?"

ஐயாவைத் தவிர எல்லோரும் சிரித்தோம்.

சனிக்கிழமை காலையில் புறப்பட்டோம். கண்டியில் மோட்டார் பஸ் புதிதாக ஓடத் தொடங்கிய காலம். நான் என் பங்குக்கு ஒரு ஆயத்தம் செய்திருந்தேன். யானையும் கைவிட்டால் கங்கைக் கரையிலிருந்தே என்னை யாழ்ப்பாணத்துக்கு ரயிலேற்றிவிடுவார்கள் என்று எனக்கு நிச்சயமாகத் தோன்றியது. வழியில் தின்ன வேண்டுமே! ஊரிலிருந்து வந்த பனங்கட்டியில் ஒன்றை, அது இருந்த சின்ன ஓலைக் குட்டானோடு எடுத்துச் சட்டைப் பைக்குள் ஒளித்துக்கொண்டேன். பஸ்சில் மாமா, பெரகரா ஊர்வல யானைக்கு முன்னால் நின்று தான் கற்கண்டு கொடுத்த கதையை இரண்டு தரம் சொன்னார். இரண்டாம் தரம் யானைக்குக் கொம்பு முளைத்திருந்தது.

கங்கையில் யானைகள் பக்கவாட்டில் சாய்ந்து படுத்துக் கிடந்தன. பாகர்கள் தேங்காய்ப் பொச்சால் அவற்றைத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். ஆனால் நான் வாய் பிளந்து பார்த்தது யானைகளை அல்ல. கரையில் ஒரு மரத்தின் கீழே எட்டுப் பத்துப் பிள்ளைகள், தாய் தகப்பனோடு வரிசையாக நின்றார்கள். எல்லோரும் பயந்த பிள்ளைகள்! உலகத்தில் பயந்த பிள்ளை நான் ஒருத்தி மட்டும்தான் என்று அதுவரை நம்பியிருந்தேன். மற்றப் பிள்ளைகளெல்லாம் நோவில்லாத வயிற்றோடு சுகமாக இருக்கிறார்கள் என்றும், என்னை மட்டும் எங்கோ பிழையாகச் செய்துவிட்டார்கள் என்றும் எண்ணியிருந்தேன்.

எனக்கு முன்னால் நின்றவள் அக்குறணையிலிருந்து வந்த முஸ்லிம் பெண். என் வயதுதான். முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டு திரும்பி, பள்ளிக்கூடத்தில் பேர் கேட்பது போலக் கேட்டாள்.

"ஒங்களுக்கு என்ன பயம்?"

நான் அம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். அவளே சொன்னாள். "எனக்குக் கெணறு. எட்டிப் பாத்தா உள்ளுக்கு ஒரு புள்ள நிண்டு என்னையே பாக்கிற."

அவளுக்கு முன்னால் ஒரு சிங்களப் பையன், எங்கள் இருவரையும்விடப் பெரியவன். தலைமயிர் தோள் வரை தொங்கியது. அவனுக்கு என்னவென்று கேட்டோம். அவனுக்குத் தமிழ் வராது. இரண்டு விரலை நீட்டிக் கத்தரிக்கோல் மாதிரி வெட்டிக் காட்டினான். காட்டும்போதே கண்ணை மூடிக்கொண்டான். அக்குறணைப் பெண் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். நானும் சிரித்தேன். அவனும் சிரித்தான். சிரித்த வாயோடு, ஒருவரிடமும் சொல்லாததை நான் அவளிடம் சொல்லிவிட்டேன்.

"நான் பள்ளிக்கூடம் போனால் அம்மா போயிடுவா."

அவள் கவனமாக யோசித்தாள். "ஒங்கட உம்மா எங்க இப்ப?"

"அதிலை நிக்கிறா."

"நிக்கிற தானே? அப்ப இப்ப பயப்படாதீங்க. பொறகு பயப்படுங்க."

இவ்வளவு நல்ல யோசனையை எனக்கு அதுவரை ஒரு பெரியவரும் சொன்னதில்லை.

என் முறை வந்தது. ஐயா தூரத்தில் குடைக்குக் கீழே நின்று, எங்களுக்கும் தனக்கும் சம்பந்தமில்லாதவர் போலப் பத்திரிகை வாசித்துக்கொண்டிருந்தார். முறை இதுதான்: குளித்துக் கரையேறி நிற்கும் யானையின் ஒரு பக்கத்திலிருந்து அம்மா என்னை விடவேண்டும், நான் வயிற்றுக்குக் கீழே நடந்து போக, மறுபக்கத்தில் தாய்மாமன் கைநீட்டி வாங்கவேண்டும். மாமா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு போய் நின்றார். யானை ஒரு காதை அசைத்தது. மாமா இரண்டு அடி தள்ளி நின்றார்.

அம்மா என்னைக் குனிய வைத்து விட்டார். உள்ளே நனைந்த சாக்கின் மணம். தலைக்கு மேலே பெரிய சாம்பல் நிறக் கூரை. அதிலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்தது. நடுவுக்கு வந்துவிட்டேன். அப்போது முன்னங்கால்கள் இரண்டுக்கும் இடையால் தும்பிக்கை வளைந்து என்னிடம் வந்தது.

கண்டி யானைக்கு வாழைப்பழம் தெரியும், கித்துள் ஓலை தெரியும். யாழ்ப்பாணத்துப் பனங்கட்டி அன்றுதான் அதற்கு முதல் தரம் வாசம் பிடித்திருக்கவேண்டும்.

"ஐயோ அக்கா!" என்று ஒரு சத்தம். மாமா ஓடினார். கரைப் பக்கம் ஓடியிருக்கலாம்; கங்கைக்குள் ஓடினார். இடுப்பளவு தண்ணீரில் நின்று திரும்பிப் பார்த்தார். பாகன் சிரித்தபடி, "பய வென்ன எபா, மாத்தயா!" என்று கத்தினான். பயப்படவேண்டாம் என்று அவன் சொன்னது எனக்கல்ல, மாமாவுக்கு.

நான் அசையாமல் நின்றேன். தும்பிக்கை நுனியில் ஒற்றை விரல் மாதிரி ஒன்று என் சட்டைப் பைக்குள் நுழைந்து தேடியது. சுடுமூச்சு இடுப்பில் பட்டது. கூச்சம் தாங்கவில்லை. நான் சிரிக்கத் தொடங்கினேன். கரையில் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றவர்களுக்கெல்லாம் யானைக்குக் கீழேயிருந்து ஒரு பிள்ளையின் சிரிப்புத்தான் கேட்டதாம். ஓலைக் குட்டானோடு பனங்கட்டி போய்விட்டது. யாழ்ப்பாணம் போக என்னிடம் இனிச் சாப்பாடு இல்லை.

அடுத்தது நடந்ததை ஒருவரும் எதிர்பார்க்கவில்லை. சேலைத் தலைப்பைச் செருகிக்கொண்டு, குனிந்து, அம்மா உள்ளே வந்தார். என் கையைப் பிடித்தார். மறுபக்கம் கொண்டுபோனார். யானையின் பின்னால் சுற்றி மறுபடி வந்தோம். பாகன் தன் கையை யானையின் முன்னங்காலில் வைத்து, அதை அசையாமல் பிடித்துக்கொண்டான். சிங்களத்தில் அம்மாவிடம் மெதுவாக ஏதோ சொன்னான். கரையில் இருந்த பெண்கள் எழுந்து வழி விட்டார்கள். முதல் தரம் பாதியில் நின்றுவிட்டதால் அது கணக்கில்லை என்று சொல்லி, அம்மா முழுதாக மூன்று தரம் போனார். அவருடைய உதடு அசைந்துகொண்டிருந்தது. கை குளிர்ந்து ஈரமாக இருந்தது. என் விரல் நோகும் அளவுக்கு இறுக்கியிருந்தார்.

ஐயா பத்திரிகையை மடித்துக்கொண்டு வந்தார். "நீர் ஏன் போனனீர்?"

"பிள்ளை தனிய நிண்டது" என்றார் அம்மா.

திங்கட்கிழமை சந்தியில் திரும்பிப் பார்த்தேன். படலையடியில் அம்மா நின்றார். இப்ப நிக்கிறா, பிறகு பயப்படுவம் என்று சொல்லிக்கொண்டு அந்தப் பத்து அடியையும் போனேன். வகுப்பில் பயம் வந்தது, மத்தியானத்துக்குத் தள்ளிவைத்தேன். மத்தியானம் வந்தது, வீட்டுக்குப் போகும்வரை தள்ளிவைத்தேன். வீட்டில் அம்மா இருந்தார். இப்படித் தள்ளித் தள்ளியே அந்த மாதம் முடிந்தது. அத்தைக்குக் கடிதம் போகவில்லை.

வைத்தியம் தேவைப்பட்டவர் மாமா ஒருவர்தான். கங்கைத் தண்ணீரில் நின்றதில் மூன்று நாள் காய்ச்சல். மிளகு ரசம் கொண்டுபோய்க் கொடுத்த அம்மா, "தம்பி, உன்னையும் ஒருக்கால் கீழால விட்டெடுத்திருக்கலாம்" என்றார். அம்மா அப்படிச் சிரித்து நான் வெகுநாளாகப் பார்க்கவில்லை.

நாலு மாதம் கழித்துத் தம்பி பிறந்தான், கொழுகொழுவென்று. மாமா அவனுக்கு ஆனைக்குட்டி என்று பேர் வைத்தார்.

இதில் எனக்கு ஒன்றுமே தோன்றவில்லை. அம்மா எனக்காகத்தான் யானைக்குக் கீழே வந்தார் என்று பதினொரு வருடம் நம்பியிருந்தேன், பெருமையாகப் பலரிடம் சொல்லியும் இருக்கிறேன். என் மகள் பிறக்குமுன் தாய் வீட்டுக்கு வந்திருந்தபோதுதான் அம்மா சொன்னார். எனக்கும் தம்பிக்கும் இடையில் இரண்டு பிள்ளைகள் அழாமலே பிறந்தார்களாம். இன்னொரு தரமென்றால் தாய்க்கே ஆபத்து என்று மருத்துவிச்சி சொல்லியிருந்தாளாம். பிள்ளை தங்கியது தெரிந்த நாள் முதல் தான் பிழைக்கமாட்டேன் என்றே அம்மா நினைத்திருக்கிறார். அந்தப் பயத்தைப் பற்றி ஐயாவிடம்கூட வாய் திறக்கவில்லை. வயிற்றுப் பிள்ளைக்காரிகளும் பிரசவப் பயம் போக யானைக்குக் கீழே போவதுண்டு என்று அயல்வீட்டுச் சிங்கள அம்மா சொல்லித்தான் அவருக்குத் தெரியுமாம். கரையில் வழி விட்ட பெண்களுக்கும் பாகனுக்கும் பார்த்தவுடன் விளங்கியது. விளங்காதவர்கள் நாங்கள்தான்: ஐயா, மாமா, நான்.

அம்மா போய்விடுவார் என்று எனக்குள் சொல்லிக்கொண்டிருந்தது, அம்மாவுக்குள் சொல்லிக்கொண்டிருந்ததா? நான் அதை அவர் முகத்தில் வாசித்தேனா? அப்படித்தான் என்று நினைப்பேன். உடனே, கிணற்றுக்குப் பயந்தவளின் தாய்க்கு என்ன பயம் இருந்தது, கத்தரிக்கோலுக்குப் பயந்தவனின் தாய்க்கு என்ன இருந்தது என்று கேட்டுக்கொள்வேன். ஒன்றும் இருந்திருக்காது. பிள்ளைகள் பயப்படுவார்கள், அவ்வளவுதான். மறுபடி சந்தேகம் வரும்.

எனக்கு இப்போது ஐந்தாம் மாதம். வீட்டில் ஒரு குறையுமில்லை. ஆனாலும் இரவில் விழித்துக் கிடக்கிறேன், பகலில் மகள் பார்க்கும்போதெல்லாம் பாட்டுப் பாடுகிறேன். அவள் பாட்டைக் கேட்டுக்கொண்டு கதவு நிலையைப் பிடித்தபடி நிற்கிறாள். வருகிற சனிக்கிழமை கட்டுகஸ்தோட்டைக்குப் போகிறோம். மாமாவும் வருகிறார், இம்முறை கரையில்தான் நிற்பாராம். "உன்ர பயத்தை அவளிட்டைச் சொல்லாதை, பிள்ளை பயந்திடும்" என்கிறார் அம்மா. ஆனால் அவர் சொல்லாமல் இருந்த மாதங்களில்தான் நான் பயந்தேன். அவருடைய குளிர்ந்த கை என் கையை இறுக்கிய பிறகு பள்ளிக்கூடம் போனேன். அம்மா சொல்வதைத் தட்டி எனக்குப் பழக்கமில்லை. அவர் சொல்வது சரியாகவும் இருக்கலாம்.

பிள்ளை வளர்த்த வாசகர்களிடம் ஒன்று கேட்கிறேன். ஐந்து வயதுப் பிள்ளையிடம், "அம்மாவுக்கும் பயமாய்த்தான் இருக்கு" என்று சொன்னவர்கள் உங்களில் யாராவது இருந்தால், அதற்குப் பிறகு பிள்ளை என்ன செய்தது என்று தயவுசெய்து எனக்கு எழுதுங்கள்.