மட்சை எப்படிக் கேட்பது என்று கேட்டவர்கள்

ரேடியோ நிலையத்தில் போன் எடுக்கிறவன் புட்போல் மட்சைத் தவிர மற்ற எல்லாவற்றையும் கேட்பான். போன் எடுத்துப் பிழைத்த என் சக பாவப்பட்டவர்களே, இதற்கு மேல் உங்களுக்கு விளக்கத் தேவையில்லை.

ஸ்காபரோவில் எங்கள் கல்லூரிக்கு ஒரு குட்டி எஃப்.எம். நிலையம் இருக்கிறது. போன வருஷம் புட்போல் சீசனில், சனிக்கிழமை மத்தியானங்களில், அங்கே போன் எடுக்கிற வேலை எனக்கு. "மட்சை எப்படிக் கேட்பது?" என்று கேட்கிறவர்களுக்கு வழி சொல்ல வேண்டும். மூன்று வழி: ரேடியோ, கணினி, போனில் இறக்குகிற ஆப். இதைச் சொல்லிவிட்டு வைத்துவிடலாம் என்றுதான் நானும் நினைத்தேன். எனக்கு அப்போது பதினெட்டு வயது. இப்போது பத்தொன்பது, அனுபவசாலி.

இரண்டு வாய்

கேட்ட குரலை அப்படியே திருப்பிப் பேசுவது எனக்குப் பிறவி வியாதி. பஸ்ஸில் அடுத்த தரிப்பிடம் சொல்லும் பெண், எங்கள் கோயில் ஐயர், பீட்சாக்கடை முதலாளி எல்லாரும் என் தொண்டைக்குள் வாடகை இல்லாமல் குடியிருக்கிறார்கள். அந்த வருஷம் புதிதாகக் குடிவந்தவன் ரயன், எங்கள் வர்ணனையாளன். பந்து நகர்ந்தாலும் கத்துவான், நகராவிட்டாலும் கத்துவான்.

முதல் சனிக்கிழமையே போனை எடுத்து ரயனின் குரலில் வணக்கம் சொன்னேன். அதே நேரம் நிஜ ரயன் ரேடியோவில் உச்சத்தில் கத்திக்கொண்டிருந்தான். மறுமுனையில் ஒரு அங்கிள் போனைக் கையால் பொத்திக்கொண்டு மனைவியிடம் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது: "இஞ்சரும், இவன் ரேடியோவிலயும் கத்திக்கொண்டு நிக்கிறான், போனிலயும் கதைக்கிறான். ரெண்டு வாயோட பிறந்தவன் போல கிடக்கு."

உதைக்கிறவன்

நிரோஷனைப் பற்றி இங்கேயே சொல்லிவிடுகிறேன். என் நண்பன். வோபர்னில் ஒரே தெருவில் வளர்ந்தோம். எங்கள் கல்லூரி அணியில் இருந்த ஒரே தமிழ்ப் பெடியன். இந்த விளையாட்டுக்குப் புட்போல் என்று பெயர் வைத்தவன் பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடச் சொன்னான். காலால் உதைப்பதற்கென்று தனியாக ஓராள் வைத்திருப்பார்கள். மற்றவர்கள் மோதிப் புரளும்வரை அவன் ஓரத்தில் நின்று தண்ணீர் குடிப்பான், கூப்பிட்டால் வந்து ஒரு உதை உதைத்துவிட்டுப் போவான். அதுதான் நிரோஷன்.

அவனுடைய அப்பா அவன் அணியில் சேர்ந்த அன்றைக்கு, "கால் முறிஞ்சால் ஆர் பாக்கிறது? உந்தக் கதை இனி இந்த வீட்டில வேண்டாம்" என்று ஒரேயொரு தடவை சொன்னார். அதற்குப் பிறகு அந்த வீட்டில் புட்போல் என்ற சொல்லே இல்லை. ஜெயித்துவிட்டு வந்தாலும் "சாப்பிட்டியோ?", தோற்றுவிட்டு வந்தாலும் "சாப்பிட்டியோ?". அடுத்த வருஷமும் விளையாடுவானா என்று கோச் கேட்டிருந்தார். சீசன் முடிவதற்குள் பதில் வேண்டும். நிரோஷன் விடத்தான் நினைத்திருந்தான். ஏனடா என்று கேட்டேன். "அப்பா ஏசினால் பரவாயில்லை, கஜன். நான் விளையாடவே இல்லை எண்ட மாதிரி இருக்கிறார் பார், அதுதான் ஏலாமக் கிடக்கு."

ட்ரம்பெட் அன்ரி

நிலையத்தில் தமிழ் கதைக்கிற பெடியன் ஒருத்தன் இருக்கிறான் என்ற செய்தி ஸ்காபரோ முழுக்கப் பரவ இரண்டு கிழமை எடுத்தது. பிறகு எனக்குத் தேத்தண்ணி குடிக்கவும் நேரமில்லை.

ஒரு அன்ரிக்கு ஆப்பை இறக்கிக்கொடுப்பதற்குள் மட்சில் பாதி போய்விட்டது. கடவுச்சொல் மகளுக்குத்தான் தெரியும், மகளோ கிரவுண்டில் பாண்ட் வாத்தியக் குழுவில் ட்ரம்பெட் ஊதிக்கொண்டு நிற்கிறாள். ஒருமாதிரிச் சரிக்கட்டினோம். "கேக்குதோ அன்ரி?" என்றேன். "கேக்குது, கேக்குது" என்று சந்தோஷப்பட்டார். ஐந்து நிமிஷத்தில் மறுபடி போன். எங்கள் அணி அப்போது எல்லைக்கோட்டுக்குப் பக்கத்தில் நிற்கிறது, ரயன் தொண்டை கிழியக் கத்துகிறான். அன்ரி சொன்னார்: "தம்பி, உந்தப் பெடியள் விழுந்தெழும்புற சத்தத்தைக் கொஞ்சம் குறைச்சுவிடுங்கோ, என்ர பிள்ளை ஊதுறது கேக்கேல்லை."

அண்ணைக்கு ஒரு மட்ச், தம்பிக்கு ஒரு மட்ச்

ரேடியோவில் வருவது உடனே வரும். ஆப்பில் வருவது அரை நிமிஷம் பிந்தி வரும். இந்த ஒரு விஷயத்தை எழுதி எல்லா வீட்டுக் குளிர்சாதனப் பெட்டியிலும் ஒட்டியிருந்தால் என் வேலை பாதியாகக் குறைந்திருக்கும்.

எனக்குப் போன் எடுத்தவர்களில் ஒரு அண்ணன் தம்பி. அண்ணன் வோபர்னில், ரேடியோவில் கேட்கிறார். தம்பி விட்பியில் புது வீடு வாங்கிப் போனவர். அங்கே எங்கள் அலைவரிசை எட்டாது, ஆப்பில் கேட்கிறார். இரண்டு பேரும் வட்ஸ்அப் அழைப்பில் பேசிக்கொண்டே கேட்பார்கள். அண்ணன் "போட்டாச்சு!" என்று துள்ளுவார். தம்பிக்கு அப்போதுதான் ஆட்டக்காரர்கள் வரிசையில் வந்து நிற்பார்கள். அண்ணனுக்குச் சாத்திரம் தெரியும் என்று தம்பியின் பிள்ளைகள் நம்பிவிட்டார்களாம். தம்பி எனக்குப் போன் எடுத்து முறையிட்டார். பிந்துவதற்குக் காரணம் சொன்னேன். நிறைய யோசித்துவிட்டு அவர் கேட்டார்: "அப்ப உங்கட ரேடியோவை ஒரு அரை நிமிஷம் பிடிச்சு வைச்சிருந்தால், அண்ணையும் எங்களைப்போல மனிசராய் இருப்பார்தானே?"

சிவா, ராஜன், றொபேட்

மூன்றாம் சனிக்கிழமை ஒருவர் போன் எடுத்தார். முதலில் ஒரு இருமல், பிறகு நல்ல தடித்த குரல். "நான் சிவா, விட்பியில இருந்து. அதென்னெண்டால் தம்பி, உந்த உதைக்கிற பெடி எத்தினை மணிக்கு உதைப்பார்?"

அப்படி மணி குறிக்க முடியாது அங்கிள் என்றேன். "இல்லை, நேரம் தெரிஞ்சால் அந்த நேரம் மட்டும் வந்து காரில இருந்து கேட்டிட்டுப் போயிடுவன்" என்றார். வேறெதுவும் கேட்கவில்லை. எங்கள் அணி வெல்கிறதா தோற்கிறதா என்றுகூட இல்லை. போனுக்குப் பின்னால் எங்கள் நிலையம்தான் பாடியது, ஒரு இரைச்சலும் இல்லாமல். விட்பியில் எந்தக் காருக்கு எங்கள் அலைவரிசை அவ்வளவு சுத்தமாக எட்டும்?

அடுத்த கிழமை பிக்கரிங்கில் இருந்து ராஜன். மெல்லிய குரல், மூக்கால். இருமிவிட்டு, "அதென்னெண்டால் தம்பி, உதைக்கிற பெடி இண்டைக்கு நிக்கிறாரோ?" என்றார். எனக்குக் காது கூசியது. குரலை மாற்றுவது என் தொழில், மற்றவன் மாற்றினால் தெரியாதா? குரலின் தடிப்பை மாற்றலாம், ஊரை மாற்றலாம், கதையைத் தொடங்குகிற விதம் மட்டும் மாறாது. முதலில் ஒரு இருமல், பிறகு ஒரு "அதென்னெண்டால்". அந்த இருமலோடு அந்தச் சொல்லை நான் சின்ன வயதிலிருந்து ஒரே ஒரு வீட்டில்தான் கேட்டிருக்கிறேன். "சாப்பிட்டியோ?" என்று மட்டும் கேட்கிற வீடு.

கண்டுபிடித்ததை நான் காட்டிக்கொள்ளவில்லை. நானோ பீட்சாக்கடை முதலாளியின் குரலில் பேசிக்கொண்டிருந்தேன், அவரோ ராஜன் என்ற பெயரில். நானும் என் குரலில் இல்லை, அவரும் அவர் குரலில் இல்லை. இருவருமாக நிரோஷனைப் பற்றி அழகாகக் கதைத்தோம். எந்தப் பக்கமிருந்து காற்று வீசுகிறது என்றெல்லாம் விசாரித்தார். இந்தச் சந்தோஷத்தை இப்போது நினைத்தாலும் சிரிப்பு வருகிறது, கூடவே நிலையத்தின் பழைய மேசைப் போனின் கனமும் கைக்கு வருகிறது. அதற்கடுத்த கிழமை மணி அடித்தது. பாவம், இந்த முறை வெள்ளைக்காரன்: "ஹலோ, மை நேம் இஸ் றொபேட். அதென்னெண்டால்…"

கடைசி உதை

கடைசி மட்ச். காலையிலேயே நிரோஷன் சொல்லிவிட்டான், இன்றோடு விடுகிறேன், மட்ச் முடிந்ததும் கோச்சிடம் சொல்லப் போகிறேன் என்று. நான் என்ன செய்ய? சிவாவைப் பற்றிச் சொன்னால் சிவாவின் மானம் போகும், சொல்லாவிட்டால் நிரோஷனின் கால் போகும்.

ஆட்டம் முடிய சில விநாடிகள். நாங்கள் இரண்டு புள்ளி பின்னால். ஒரு உதை இரண்டு கம்பத்துக்கும் நடுவால் சரியாகப் போனால் மூன்று புள்ளி, வெற்றி. நிரோஷனைக் கூப்பிட்டுவிட்டார்கள். அந்த நேரம் பார்த்துப் போன். சிவாவும் இல்லை, ராஜனும் இல்லை, மூச்சு வாங்குகிற ஒரு மனிதர். "தம்பி, காரின்ர பற்றரி இறங்கிப்போச்சு! ரேடியோ நிண்டிட்டுது! என்ன நடக்குது அங்க?"

வாரக்கணக்காக எஞ்சினைப் போடாமல், வீட்டு வாசலில் காருக்குள் இருந்து ரேடியோ கேட்டால் பற்றரி என்ன செய்யும்? ஆப்பைத் திறக்கச் சொல்ல நேரமில்லை. குரல் மாற்றவும் நேரமில்லை. ரயன் ஆங்கிலத்தில் கத்தக் கத்த நான் என் சொந்தக் குரலில், தமிழில், அவர் ஒருவருக்காக மட்டும் சொன்னேன். "வாறான். ரெண்டு அடி பின்னுக்கு வைக்கிறான். கையை உதறுறான். பந்து வருது, வைச்சாச்சு, ஓடுறான், உதைச்சிட்டான், உயரம் நல்லாயிருக்கு, போகுது, போகுது…" வலது கம்பத்துக்கு வெளியே போய்விட்டது. இந்த நாட்டுப் புட்போலில் அப்படிக் குறி தவறிய பந்து பின்கோட்டைத் தாண்டிப்போனால் ஆறுதலுக்கு ஒரு புள்ளி தருவார்கள். ஒரு புள்ளி கிடைத்தது. ஒரு புள்ளியால் தோற்றோம்.

அதைச் சொன்னேன். "ஒரு புள்ளி குடுத்தவங்களோ?" என்றார். ஓம் என்றேன். "அப்ப முழுப்பிழை இல்லை. காத்து, அது. உந்தப் பக்கத்தால காத்து வந்தால் அவனுக்குச் சரிவராது, ரெண்டு கிழமைக்கு முதலும் உப்பிடித்தான். என்ர பெடி நல்லாத்தான் உதைச்சவன்." சொன்னபிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கு உறைத்திருக்க வேண்டும். ஒரு இருமல். பிறகு அந்தப் பழைய தடித்த குரல் அவசரமாகத் திரும்பி வந்தது. போனில் நான் ஒருபோதும் அவருக்கு என் பெயர் சொன்னதில்லை என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். "கஜன் தம்பி, நான் விட்பியில இருந்துதான் கதைக்கிறன், என்ன? ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதையும்."

சொல்லாமல் சொன்னது

நிரோஷன் உடுப்பு மாற்றுகிற அறையில் தலையில் துவாயைப் போட்டுக்கொண்டு இருந்தான். கோச் இன்னும் வரவில்லை. ஒருத்தருக்கும் சொல்லமாட்டேன் என்று வாக்குக் கொடுத்திருந்தேன். நான் எதையும் சொல்லவில்லை, நடித்துக் காட்டினேன்.

முதலில் விட்பி சிவா. துவாய்க்குள்ளிருந்து, "போடா" என்றான். பிறகு பிக்கரிங் ராஜன், மூக்கால். துவாய் கொஞ்சம் குலுங்கியது, சிரிக்கிறான். பிறகு இருமிவிட்டு, "ஹலோ, மை நேம் இஸ் றொபேட், அதென்னெண்டால்" என்றேன். துவாய் அசையவில்லை. மெதுவாக அதை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தான். "எத்தினை தரம் எடுத்தவர்?" என்றான். ஒவ்வொரு கிழமையும், இன்றைக்குக் காரின் பற்றரி இறங்கும்வரை என்றேன். கடைசியாக என்ன சொன்னவர் என்று கேட்டான். நான் சிவாவையும் ராஜனையும் விட்டுவிட்டு, அவனுடைய அப்பாவின் குரலையே எடுத்தேன்: "அப்ப முழுப்பிழை இல்லை. காத்து, அது."

கதவில் கோச் வந்து நின்றார், பதில் கேட்க. அடுத்த வருஷமும் வருகிறேன் என்று அவருக்கு நிரோஷன் சொன்னது ஒரு வரி. பிறகு சப்பாத்தைப் பையில் போட்டபடி, என்னைப் பார்க்காமல், மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டான்: "உன்ர காரில பற்றரிக்குக் குடுக்க ஜம்பர் கேபிள் கிடக்கே? அப்பா வாசலில இருப்பார்."

இந்த வருஷம் மட்சை வீடியோவில் காட்டத் தொடங்கிவிட்டார்கள், என் போன் அடிப்பதில்லை, அன்ரிக்கு மகள் ஊதுவது கண்ணாலேயே தெரிகிறது, சிவா அங்கிளும் கிரவுண்டுக்கே வருகிறார், வந்து வாகனத் தரிப்பிடத்தில் காருக்குள் இருந்து ரேடியோ கேட்கிறார். ஆகவே இத்தனை பேருக்கு வழி சொன்னவன் என்ற முறையில் நான் கண்ட ஒரே உண்மை, மட்சை எப்படியும் கேட்கலாம், ஆனால் காரில் இருந்து கேட்கிறவர்கள் தயவுசெய்து எஞ்சினை ஓடவிட்டுக் கேளுங்கள்.