கணக்கப்பிள்ளையின் வண்டியை மறித்த நாள்

மடுல்சீமைத் தோட்டத்தில் அந்தக் காவல்காரன் வேலையை நானே கெஞ்சிக் கேட்டு வாங்கினேன். யாரும் என் தலையில் கட்டவில்லை. பித்தளைப் பொத்தான் வைத்த கம்பளிக் கோட்டு, பூண் போட்ட தடி, தேயிலை ஸ்டோர் கேட்டுக்குப் பக்கத்தில் தகரம் வேய்ந்த ஒரு கூண்டு. அதுவரை நானும் மற்றவர்களைப் போல இருட்டோடு எழுந்து பெரட்டுக் களத்தில் குளிரில் நின்று, கணக்கப்பிள்ளை பெயர் கூப்பிட்டதும் "இருக்கேங்க" என்று சொல்லிவிட்டு மலையேறியவன்தான். காவல்காரன் பெரட்டுக்கு நிற்க வேண்டியதில்லை. எனக்கு அதுவே பெரிய அதிகாரமாகத் தெரிந்தது.

"அப்ப பெரட்டுப் புத்தகத்துல இருந்து உன் பேரை எடுத்துரவா?" என்று கணக்கப்பிள்ளை கேட்டார்.

"எடுத்துருங்க ஐயா, புண்ணியமாப் போகும்" என்று பல்லை இளித்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என்னை நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மழை பிடித்துக்கொண்ட நேரத்தில், தேயிலைப் பெட்டிக்கு உள்ளே வைக்கும் ஈயத் தகடுகளைத் திருட வெளியாட்கள் இரண்டு பேர் ஸ்டோரின் பின்பக்கமாகப் புகுந்தார்கள். ஒருவனைக் கட்டிப்பிடித்துவிட்டேன். மற்றவன் கடப்பாரையால் என் வலது முழங்காலுக்குக் கீழே ஒரு போடு போட்டான். பிடித்த பிடியை விட்டுவிட்டு விழுந்தேன். இரண்டு பேரும் வெறுங்கையோடு ஓடினார்கள். தகடு ஒன்றுகூடக் குறையவில்லை என்று துரை எண்ணிப் பார்த்துத் திருப்திப்பட்டார்.

தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கொடுக்கிற ஐயா என் காலைப் பார்க்கவில்லை, புத்தகத்தைப் பார்த்தார்.

"உன் பேரு இதுல இல்லையேப்பா. பெரட்டுல பேரு உள்ள ஆளுக்குத்தான் தோட்டத்து மருந்து. கணக்கப்பிள்ளை ஐயாகிட்ட ஒரு துண்டு எழுதி வாங்கிட்டு வா."

துண்டு என்றால் கையகலச் சீட்டு. அந்தச் சீட்டு இல்லாமல் அங்கே ஒரு வேலையும் நடக்காது. தடியை ஊன்றிக்கொண்டு கணக்கப்பிள்ளையிடம் போனேன். வெற்றிலையை மடித்தபடியே என் காலை ஒரு பார்வை பார்த்தார்.

"தொழிலாளிக்கு மருந்து குடுக்கணும்னுதான் சர்க்கார் சட்டம் சொல்லுது. நீ தொழிலாளியா? காவக்காரன். நீதானே பேரை எடுக்கச் சொன்ன?"

"அப்ப பதுளை பெரிய ஆஸ்பத்திரிக்குப் போறேங்க."

"தோட்டத்த விட்டு இறங்கிப் பாரு. ஓடிப்போன கூலின்னு வாரண்டு எடுத்து உள்ள தள்ளிருவேன்."

மருந்து கேட்டால் நான் தொழிலாளி இல்லை. போகிறேன் என்றால் தொழிலாளி. இரண்டையும் ஒரே வாயால் சொல்லிவிட்டு, அந்த வாயில் வெற்றிலையைப் போட்டுக்கொண்டார். எனக்கு அப்போது வலியைவிட ஆத்திரம்தான் அதிகமாக இருந்தது.

அதே வாரத்தில் துரை ஒரு புது உத்தரவு போட்டார். துண்டு இல்லாமல் எந்த வண்டியும் கேட்டைத் தாண்டக்கூடாது. துரை தோட்டத்தில் இல்லையென்றால் கணக்கப்பிள்ளை எழுதித் தரலாம். அதைக் கேட்டில் ஆணியடித்து மாட்டி, எனக்குப் படித்துக் காட்டியவரும் கணக்கப்பிள்ளைதான். "யாரு வண்டியா இருந்தாலும் சரி. விட்டியோ, தொலைஞ்ச" என்றார். நன்றாகக் கேட்டுக்கொண்டேன்.

மஞ்சளும் வேப்பெண்ணெயும் வைத்துக் கட்டிப் பார்த்தேன். புண் ஆறவில்லை, சீழ் நாறியது. கால் போனால் தடி போகும், கோட்டுப் போகும், லயத்து வரிசை வீட்டில் நான் குடியிருக்கிற ஒற்றை அறைக் காம்பராவும் போகும். நான் சாபம் விடுகிற ஆள் இல்லை. ஆனால் அந்த நாட்களில் கூண்டில் உட்கார்ந்தபடி, உன் குடல் வேகட்டும் என்று அவரை மனதாரச் சபித்தேன்.

என் சாபம்தான் பலித்தது என்று சொல்லமாட்டேன். பலித்திருந்தால் சந்தோஷம். பத்துப் பன்னிரண்டு நாள் கழித்து ஒரு காலை, துரை பண்டாரவளைக்குப் போயிருந்தபோது, ஒரு மாட்டு வண்டி கேட்டுக்கு வந்து நின்றது. உள்ளே வைக்கோல்மேல் கணக்கப்பிள்ளை வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு கிடந்தார்.

"கேட்டைத் தொறப்பா, ஐயாவுக்கு வயித்துவலி. பதுளைக்குக் கொண்டு போறேன்" என்றான் வண்டிக்காரன்.

நான் எழுந்திருக்கவில்லை. "துண்டு இருக்குங்களா ஐயா?" என்றேன்.

அவர் தலையைத் தூக்கினார். முகம் வியர்த்து வழிந்தது. "டேய், நான்டா."

"தெரியுதுங்க. யாரு வண்டியா இருந்தாலும்னு சொன்னீங்களே."

பல்லைக் கடித்துக்கொண்டு கோட்டுப் பையிலிருந்து சீட்டுப் புத்தகத்தையும் பென்சிலையும் எடுத்தார். அப்போதுதான் எழுந்து, வண்டியின் பின்பக்கம் போய், என் காலில் சுற்றியிருந்த துணியை அவிழ்த்தேன். நாற்றத்தில் வண்டிக்காரன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"வண்டிக்கு அப்புறம் எழுதலாங்க. மொதல்ல எனக்கு எழுதுங்க. நான் தொழிலாளின்னு எழுதுங்க."

கெட்ட வார்த்தையில் திட்டினார். திட்டட்டும் என்று கேட்டில் சாய்ந்து நின்றேன். மறுபடி வலி பிடித்தபோது மாடுகள் மிரளும்படி கத்தினார். அந்தச் சத்தம் என் காதுக்கு இதமாக இருந்தது. பாவம் என்று ஒரு நொடிகூடத் தோன்றவில்லை, இன்றும் தோன்றவில்லை. கடைசியில் எழுதினார். எனக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத்தான் தெரியும். அதனால் நிதானமாகவே படித்தேன். இந்தக் காவல்காரன் பெரட்டில் பெயர் உள்ள தோட்டத் தொழிலாளி, மருந்து கொடுக்கவும். கீழே கையெழுத்து.

"இப்ப வண்டிக்கு" என்றேன். அதையும் எழுதி வாங்கிக்கொண்டுதான் கேட்டைத் திறந்தேன்.

கால் பிழைத்தது, கோணலாக. கணக்கப்பிள்ளையும் பிழைத்து, அடுத்த மாதம் பாதி உடம்பாகத் திரும்பி வந்தார். என்னை விரட்டப் பார்த்தார், முடியவில்லை. அவர் வண்டியையே உத்தரவுப்படி மறித்தவன் என்று துரைக்கு என்மேல் ஒரு பிரியம் வந்துவிட்டது. முதல் துண்டைப் பற்றித் துரையிடம் நானும் சொல்லவில்லை, அவரும் சொல்லவில்லை.

அந்தத் துண்டால் என் பெயர் மறுபடி பெரட்டுப் புத்தகத்தில் ஏறியதால் விடிகாலையில் பெரட்டுக்கு நிற்க வேண்டி வந்தது. கோணல் காலோடு நொண்டிப் போய் முன்வரிசையிலேயே நிற்பேன். கணக்கப்பிள்ளை என் பெயரை மட்டும் வாய்க்குள் முணுமுணுப்பார். நான் கேட்காதது போல நிற்பேன். எல்லாருக்கும் கேட்கும்படி அவரை இரண்டாம் முறை கூப்பிட வைத்த பிறகுதான் "இருக்கேங்க" என்பேன்.